விளையாட்டை மட்டும் அழிப்பது எப்படி?



வன்னியிலிருந்து ஓர் அம்மம்மா எழுதியிருக்கிறார். பத்து வயதுப் பேரனுக்குப் பிரான்சிலுள்ள மைத்துனர் ஒரு பழைய பி.எஸ்.பி. விளையாட்டுக் கருவியை அனுப்பியிருக்கிறார். உள்ளே முப்பதுக்கு மேற்பட்ட விளையாட்டுகள். அரைவாசிக்கு மேல் சுடுவதும் குண்டு போடுவதுந்தான். "பின்னேரத்தில் அந்தச் சத்தம் கேட்டால் என்னால் வீட்டுக்குள் இருக்க ஏலாது, எழும்பி வெளியே போய்விடுவேன்" என்கிறார். கடையில் கேட்டபோது "ஃபோர்மட் பண்ணினால் எல்லாம் போய்விடும்" என்றார்களாம். ஆனால் அதே மெமரி காட்டில் அவருடைய கலியாணப் படங்களும் இருக்கின்றன. முன்பு பிரான்சுக்கு அனுப்பிய பிரதிகளை மைத்துனர் ஸ்கான் பண்ணி அதில் ஏற்றி அனுப்பியிருக்கிறார். வீட்டு அல்பம் 2009 இல் மாத்தளனில் விடுபட்டது. கணவரின் முகம் இப்போது இருப்பது அந்தக் காட்டில் மட்டுந்தான்.

முதலில் பதிலைச் சொல்லிவிடுகிறேன். ஃபோர்மட் பண்ண வேண்டாம். கடைக்காரர் சொன்னது பொய்யல்ல, எல்லாம் போகும். விளையாட்டும் போகும், படமும் போகும். வேண்டாத விளையாட்டை மட்டும் தனியாக எடுத்துவிடலாம். அதற்குக் காசு கொடுக்கத் தேவையில்லை, அரை மணித்தியாலம் பொறுமை இருந்தால் போதும்.

இந்தக் கருவியைப் பற்றிக் கொஞ்சம் சொல்லவேண்டும். சோனி நிறுவனம் இதனை 2004 டிசம்பரில் ஜப்பானிலும், 2005 இல் அமெரிக்காவிலும் ஐரோப்பாவிலும் வெளியிட்டது. இப்போது செய்வதில்லை. அதனால்தான் வெளிநாட்டு அலுமாரிகளில் தூங்கியவை எல்லாம் பார்சலில் இங்கே வருகின்றன. விற்கும்போது இதற்கு விளையாட்டுகள் சின்ன வட்டத்தட்டில் வந்தன. ஒரு தட்டில் 1.8 ஜிகாபைட் வரை கொள்ளும். கம்பனி போட்ட இயக்க மென்பொருளை மாற்றி வேறொன்றை ஏற்றினால், தட்டு இல்லாமலே விளையாட்டின் பிரதியை மெமரி காட்டிலிருந்து ஓட்டலாம். இதைத்தான் "மாற்றிய கருவி", "கிராக் பண்ணினது" என்கிறார்கள். காசு கொடுக்காமல் எடுத்த பிரதிகள் சட்டப்படி சரியானவை அல்ல என்பதையும் தெரிந்து வைத்திருங்கள். தட்டில் வாங்கும் விளையாட்டின் பெட்டியில் வயது போட்டிருக்கும். ஐரோப்பாவில் 2003 முதல் 3, 7, 12, 16, 18 என்று எண் அடிக்கிறார்கள். பிரதியாக ஏற்றியதற்குப் பெட்டியும் இல்லை, எண்ணும் இல்லை. பதினெட்டு வயதுக்காரருக்கென்று செய்தது பத்து வயதுப் பிள்ளையின் கைக்கு வருவது இப்படித்தான். அனுப்பிய மைத்துனரைக் குறை சொல்லமாட்டேன். அவர் தன் மகன் விளையாடியதை அப்படியே அனுப்பியிருப்பார்.

இனி வேலைக்கு வருவோம். கருவியை முழுதாகச் சார்ஜ் பண்ணுங்கள். பிறகு ஒரு கொம்பியூட்டர் வேண்டும். வீட்டில் இல்லாவிட்டால் பள்ளிக்கூடப் பிள்ளை யாரிடமாவது இருக்கும். பழைய கமராக்களுக்கு வரும் சின்ன வாயுள்ள யு.எஸ்.பி. வயரே பெரும்பாலான பி.எஸ்.பி.க்களுக்குப் பொருந்தும். வயரை மாட்டி, கருவியின் மெனுவில் இடது கோடியிலுள்ள செற்றிங்ஸில் யு.எஸ்.பி. கனெக்ஷன் என்பதைத் தெரிவு செய்யுங்கள். கொம்பியூட்டரில் மெமரி காட் ஒரு தனி டிரைவாகத் திறக்கும். வயர் கிடைக்கவில்லை என்றால் காட்டை வெளியே எடுத்துப் பாருங்கள். சிலவற்றில் சோனியின் காட் போலத் தெரிவது வெறும் கூடுதான், உள்ளே கைத்தொலைபேசியில் போடும் சின்ன மைக்ரோ எஸ்.டி. காட் இருக்கும். அப்படியானால் அதை வாசிக்கும் எந்தக் கருவியிலும் போட்டுப் பார்க்கலாம்.

எதையும் அழிக்க முன்னர் காட்டில் உள்ள முழுவதையும் கொம்பியூட்டரில் ஒரு பிரதி எடுத்துக்கொள்ளுங்கள். இடம் போதாவிட்டால் படங்களையாவது எடுங்கள். படங்கள் "பிக்சர்" என்ற ஃபோல்டரில் இருக்கும். பழைய மென்பொருளில் "பி.எஸ்.பி." ஃபோல்டருக்குள் "போட்டோ" என்றும் இருக்கலாம். இரண்டையும் திறந்து பாருங்கள். பிரதி எடுத்தபின் கொம்பியூட்டரில் ஒவ்வொரு படமாகத் திறந்து முகம் தெரிகிறதா என்று பாருங்கள். பெயர் மட்டும் வந்து படம் திறக்காமல் இருந்தால் அது பிரதி அல்ல. முடிந்தால் இன்னொரு பிரதியை வெளிநாட்டு உறவினருக்கு அனுப்பிவிடுங்கள், இரண்டு படத்தை ஸ்ரூடியோவில் கொடுத்துக் கடதாசியிலும் எடுத்துவிடுங்கள். ஒரே ஒரு சின்னக் காட்டை நம்பி, அதுவும் பிள்ளை கையில் வைத்து விளையாடும் காட்டை நம்பி, ஒரு மனிதரின் முகத்தை விட்டுவைக்கக் கூடாது.

இவ்வளவும் முடிந்தால் மிச்சம் இலகு. கருவியிலேயே அழிக்கலாம். மெனுவில் கேம் என்ற பகுதிக்குப் போய், மெமரி ஸ்ரிக் என்பதைத் திறந்தால் விளையாட்டுகள் வரிசையாக வரும். வேண்டாததின் மேல் நின்றுகொண்டு முக்கோணப் பட்டனை அமத்துங்கள். வலது பக்கம் ஒரு பட்டியல் வரும். அதில் டிலீற் என்பதை எடுத்து, பெருக்கல் அடையாளப் பட்டனை அமத்தினால் அது போய்விடும். ஜப்பானில் விற்ற கருவி என்றால் கவனம். அதில் "ஆம்" என்பதற்கு வட்டப் பட்டன், "வேண்டாம்" என்பதற்குப் பெருக்கல் பட்டன். அமெரிக்காவிலும் ஐரோப்பாவிலும் விற்ற கருவிகளில் இது மறுவளம். அழிக்கும் நேரத்தில் மாறி அமத்தினால் என்ன நடக்கும் என்று சொல்லத் தேவையில்லை.

மாற்றிய கருவிகளில் சில வேளை டிலீற் வராது, வந்தாலும் வேலை செய்யாது. அப்போது கொம்பியூட்டரால் அழிக்கவேண்டும். பெரிய விளையாட்டுகள் "ஐ.எஸ்.ஓ." என்ற ஃபோல்டரில் ஒவ்வொரு கோப்பாக இருக்கும். சுருக்கிய பிரதிகளும் அங்கேதான். அநேகமாக விளையாட்டின் பெயரே கோப்பின் பெயராக இருக்கும். வேறு சில "பி.எஸ்.பி." ஃபோல்டருக்குள் "கேம்" என்ற ஃபோல்டரில் தனித்தனி ஃபோல்டர்களாக இருக்கும். வேண்டாததைத் தெரிந்து அழியுங்கள். விண்டோஸில் இப்படி வெளிக் காட்டிலிருந்து அழிப்பது குப்பைத்தொட்டிக்குப் போகாது, நேரே போய்விடும். ஆகவே ஒவ்வொன்றாகச் செய்யுங்கள், எல்லாவற்றையும் சேர்த்துத் தெரிவு செய்து ஒரேயடியாக அழிக்கவேண்டாம். முடிந்ததும் கொம்பியூட்டரில் காட்டை முறைப்படி கழற்றி, கருவியில் வட்டப் பட்டனை அமத்தி வெளியே வந்தபின் வயரை இழுங்கள்.

"கேம்" ஃபோல்டருக்குள் ரிக்கவரி, அப்டேற் என்ற சொற்கள் வரும் ஃபோல்டர்களைத் தொடாதீர்கள். வெளியே "செப்ளகின்ஸ்" என்று ஒன்று இருந்தால் அதையும் விட்டுவிடுங்கள். அவை விளையாட்டல்ல, மாற்றிய மென்பொருளின் பாகங்கள். கருவியின் உள் நினைவகத்தைத் திறக்கும் மெனு ஒன்றும் சில கருவிகளில் உண்டு, "ஃபிளாஷ்" என்று எழுதியிருக்கும். அங்கே கை வைத்தால் கருவி பிறகு திறக்காமலே போகக்கூடும். எங்களுக்கு அங்கே ஒரு வேலையும் இல்லை.

"சேவ்டேற்றா" என்று ஒரு ஃபோல்டரும் காண்பீர்கள். பிள்ளை எந்தக் கட்டம் வரை வந்தது என்ற கணக்கு அதில்தான் இருக்கிறது. விளையாட்டை அழித்தாலும் இது அழியாது. பெரும்பாலும் மிகக் குறைந்த இடந்தான் பிடிக்கும், ஆகவே இடத்துக்காக இதை அழிப்பதில் பயனில்லை. கார் ஓட்டும் விளையாட்டில் மாதக்கணக்காகச் சேர்த்ததை நாங்கள் தெரியாமல் அழித்துவிட்டால் பிள்ளைக்கு அது பெரிய இழப்பு. பெரியவர்களுக்குச் சின்னதாகத் தெரியலாம்.

இன்னொரு விடயத்துக்குப் பயப்படவேண்டாம். பின்னால் வந்த சில மொடல்களில், கருவியை முழுதாக நிற்பாட்டித் திரும்பப் போட்டால் பிரதி விளையாட்டுகள் ஒன்றும் தெரியாது. அழிந்துபோய்விட்டதென்று அழாதீர்கள், அழிந்துவிட்டதென்று சந்தோசப்படவும் வேண்டாம். மாற்றிய மென்பொருள் அந்த மொடல்களில் மின்சாரம் நிற்கும்வரைதான் நிற்கும். கேம் பகுதியில் உள்ள ரிக்கவரியை ஒருமுறை ஓட்டினால் எல்லாம் திரும்ப வந்துவிடும். அது உங்களுக்குத் தெரியாவிட்டாலும் பேரனுக்குக் கட்டாயம் தெரியும். படங்களுக்கு இது ஒன்றும் செய்யாது, எப்போதும்போல் திறக்கும்.

எதை அழிப்பது என்பதுதான் எனக்குக் கஷ்டமான கேள்வி. பிள்ளை பள்ளிக்கூடம் போன நேரம் பார்த்து அழிப்பதை நான் விரும்பவில்லை. களவாகச் செய்தால் அவனும் களவாக வேறு காட் ஒன்று கொண்டுவருவான். பக்கத்தில் இருத்தி, ஒவ்வொன்றையும் திறந்து காட்டச் சொல்லுங்கள். அந்தச் சத்தம் கேட்டால் அம்மம்மாவுக்கு என்ன வருகிறது என்பதைச் சொல்லுங்கள். 2009 க்குப் பிறகு பிறந்த பிள்ளைகளுக்கு எங்கள் வீடுகளில் பலர் ஒன்றுமே சொன்னதில்லை. அவனுக்கு அது ரி.வி. சத்தம் மாதிரித்தான். எல்லாக் கதையும் வேண்டாம், பத்து வயதுக்கு ஏற்றதைச் சொன்னால் போதும். பிறகு அழிக்கும் பட்டனை அவனையே அமத்த விடுங்கள். ஒன்றிரண்டை விடமாட்டேன் என்று நின்றால், சத்தத்தை மூடி அல்லது காதுக்கருவி போட்டு விளையாடுவதென்று ஒரு ஒப்பந்தத்துக்கு வரலாம். ஆனால் பதினெட்டு வயதுக்கென்று செய்தவை போகத்தான் வேண்டும், அதில் விட்டுக்கொடுக்காதீர்கள்.

எல்லா விளையாட்டும் கெட்டதல்ல. இதே கருவிக்கு 2006 இல் வந்த லோகோரோகோ என்ற விளையாட்டில் உருண்டையான ஒரு மஞ்சள் உயிரை நிலத்தைச் சரித்துச் சரித்து உருட்டிக்கொண்டு போகவேண்டும். எந்த நாட்டு மொழியுமில்லாத பாட்டுகள் ஓடிக்கொண்டிருக்கும். லூமினிஸ் என்ற கட்டம் அடுக்கும் விளையாட்டும் உண்டு. அம்மம்மாமாரே விளையாடலாம், நான் சொல்வது பகிடிக்கல்ல. செற்றிங்ஸில் பாதுகாப்புப் பகுதியில் பெற்றோர் பூட்டு ஒன்றும் இருக்கிறது. நான்கு பூச்சியம் என்பதுதான் கம்பனி வைத்த இரகசிய எண், அதை மாற்றித்தான் பாவிக்கவேண்டும். மாற்றிய கருவியில் அந்தப் பூட்டை முழுதாக நம்பமாட்டேன்.

யாராவது ஏற்கெனவே ஃபோர்மட் பண்ணிவிட்டிருந்தால், உடனே காட்டைக் கழற்றி வையுங்கள். புதிதாக ஒன்றையும் ஏற்றவேண்டாம், பேரன் விளையாடிச் சேமிக்கவும் வேண்டாம். ஃபோர்மட் பண்ணும்போது பெரும்பாலும் அழிவது கோப்புகள் எங்கே கிடக்கின்றன என்ற அட்டவணைதான். அதன் மேல் வேறொன்று எழுதப்படும்வரை படம் உள்ளேயே கிடக்கும். போட்டோறெக் என்ற இலவச மென்பொருளைக் கொம்பியூட்டரில் ஓட்டினால் பல படங்களை மீட்கலாம், பெயர்கள் மட்டும் மாறி வரும். மீட்கும் படங்களை அதே காட்டில் சேமிக்காமல் கொம்பியூட்டரில் சேமிக்கவேண்டும். வேறொருவரைக் கொண்டு செய்விப்பதானால் காட்டைக் கொடுத்துவிட்டு வராதீர்கள், பக்கத்தில் இருந்து செய்வித்து, அவருடைய கொம்பியூட்டரில் விழுந்த பிரதிகளையும் உங்கள் கண் முன்னால் அழிப்பித்து விட்டு வாருங்கள். அழித்த படத்தை நாங்கள் மீட்கலாம் என்றால் மற்றவர்களும் மீட்கலாம். இதனால்தான் குடும்பப் படம் இருந்த காட்டை, வெறுமையாகத் தெரிந்தாலும், விற்கவோ பிறருக்குக் கொடுக்கவோ கூடாது என்கிறேன்.