நான்கு நிமிடத்தில் ஆம்புலன்ஸ் வராது

பூந்தமல்லி, கரையான்சாவடி, குமணன்சாவடி, சென்னீர்குப்பம் என்று ஊர்ப் பெயர்களை வரிசையாகப் போட்டு, ‘பராமரிப்புப் பணிக்காகக் காலை 9 மணி முதல் மதியம் 2 மணி வரை மின்தடை’ என நாளிதழின் உள்பக்கத்தில் ஒரு சிறு செய்தி வரும். பெரும்பாலான வீடுகளில் அன்று சீக்கிரமே மாவு அரைத்து, மேல்நிலைத் தொட்டியில் தண்ணீர் ஏற்றிவிடுவார்கள். அதோடு முடிந்தது. கழுத்தில் டியூப் வைத்த குழந்தை உள்ள வீட்டில் அப்படி முடியாது. அங்கே சக்‌ஷன் மிஷின் ஓடினால்தான் குழந்தையின் மூச்சுக்குழாயில் சேரும் சளியை வெளியே எடுக்க முடியும். அந்த ஐந்து மணி நேரத்தை எப்படிக் கடப்பது என்று யாரும் அவர்களுக்குச் சொல்லித் தருவதில்லை.

ட்ரக்கியாஸ்டமி என்பது குரல்வளைக்குக் கீழே மூச்சுக்குழாயில் துளையிட்டு, அதில் டியூப் பொருத்தி மூச்சுவிட வைக்கும் சிகிச்சை. 1825-இல் பிரெஞ்சு மருத்துவர் பியேர் பிரெத்தோனோ, தொண்டை அடைப்பான் நோயால் மூச்சுத் திணறிய ஒரு சிறுமியை இப்படித்தான் காப்பாற்றினார். தடுப்பூசியால் அந்த நோய் பெரிதும் குறைந்துவிட்டது. இன்று இந்தச் சிகிச்சை தேவைப்படும் குழந்தைகள் வேறு. குறைமாதத்தில் பிறந்து வாரக்கணக்கில் வென்டிலேட்டரில் இருந்ததால் குரல்வளைக்குக் கீழே சுருங்கிப்போன குழந்தை, பிறவியிலேயே தாடை சிறுத்த குழந்தை, தசைகள் வலுவிழந்த குழந்தை, விபத்தில் தலையில் அடிபட்ட குழந்தை. முன்பு காப்பாற்றவே முடியாமல் போன பலர் இன்று தீவிர சிகிச்சைப் பிரிவிலிருந்து உயிரோடு வெளியே வருகிறார்கள். நம் மருத்துவம் பெருமைப்பட வேண்டிய விஷயம் இது. அந்தக் குழந்தைகள் வீட்டுக்குப் போன பிறகு நடப்பதைப் பற்றி அதே பெருமையோடு பேச முடியவில்லை.

இந்தக் குழந்தைகளில் பலர் அழுதால் சத்தம் கேட்காது. மூச்சு குரல் நாண்களுக்குப் போகாமல், அவற்றுக்குக் கீழே உள்ள டியூப் வழியாகவே வெளியேறிவிடுகிறது. அதனால் இரவில் மூச்சு முட்டினாலும் பக்கத்தில் படுத்திருக்கும் தாய்க்குத் தெரியாமல் போகலாம். கரோனா காலத்தில் வீட்டுக்கு வீடு வாங்கிய, விரலில் மாட்டும் ஆக்ஸிமீட்டர் இதற்குப் போதாது. ஆக்சிஜன் குறைந்தால் அலாரம் அடிக்கும் கருவி வேண்டும்.

ஆபத்து பெரும்பாலும் இரண்டு விதத்தில் வரும். ஒன்று, சளி கெட்டியாகி டியூப் அடைத்துக்கொள்வது. மற்றது, டியூப் கழன்று வெளியே வந்துவிடுவது. பெரியவர்களுக்கு வைக்கும் பல டியூப்களில் கழற்றிக் கழுவ உள்குழாய் ஒன்று இருக்கும். சிறு குழந்தைகளின் டியூப்பில் அதற்கு இடம் கிடையாது. அடைத்துவிட்டால் முழு டியூப்பையும் மாற்றித்தான் ஆக வேண்டும். 4 மில்லிமீட்டர் உள்விட்டமே உள்ள டியூப்பை அடைக்க ஒரு துணுக்குச் சளி போதும்.

அப்போது செய்ய வேண்டியதை பிரிட்டனின் தேசிய ட்ரக்கியாஸ்டமி பாதுகாப்புத் திட்டம் தெளிவாக வகுத்திருக்கிறது. உதவிக்குக் குரல் கொடுத்து, ஆக்சிஜன் இருந்தால் கொடுத்துக்கொண்டே சக்‌ஷன் கேத்தெட்டரை (சளி உறிஞ்சும் மெல்லிய குழாய்) டியூப்புக்குள் விட வேண்டும். அது உள்ளே போகவில்லை என்றால் டியூப் அடைத்திருக்கிறது என்று பொருள். தாமதிக்காமல் டியூப்பை எடுத்துவிட்டுப் புதியதைப் போட வேண்டும். அதே அளவு டியூப் நுழையவில்லை என்றால் அரை அளவு சிறியது. அதுவும் நுழையவில்லை என்றால், சிறிய டியூப்புக்குள் கேத்தெட்டரைக் கோத்து, முதலில் கேத்தெட்டரைத் துளைக்குள் விட்டு, அதன் மேலேயே டியூப்பை வழுக்கிச் செலுத்த வேண்டும். குழந்தை மூச்சுவிடவில்லை என்றால் டியூப் வழியாகவோ கழுத்துத் துளை வழியாகவோ ஐந்து முறை மூச்சு ஊதி, பிறகு மார்பை அழுத்தத் தொடங்க வேண்டும். படிக்கும்போது பயமாகத்தான் இருக்கும். பள்ளிப் படிப்பைத் தாண்டாத தாய்மாரும் பொம்மையில் சில முறை செய்து பழகினால் இதைச் செய்ய முடியும். கையில் பழகாமல், காதால் கேட்டு மட்டும் வந்தவர்களால் அந்த நேரத்தில் முடியாது.

2008 செப்டம்பரில் தமிழகத்தில் தொடங்கிய 108 ஆம்புலன்ஸ் சேவை காத்த உயிர்கள் ஏராளம். ஆனால் மூளைக்கு ஆக்சிஜன் முழுதாக நின்றால் நான்கைந்து நிமிடத்திலேயே நிரந்தரச் சேதம் தொடங்கிவிடும். மெட்ரோ பணிக்காக ஆண்டுக்கணக்கில் சுருங்கிக் கிடந்த கரையான்சாவடி சந்திப்பை மாலை நேரத்தில் கடந்தவர்களுக்கு நான்கு நிமிடத்தின் அருமை தெரியும். எழும்பூர் குழந்தைகள் மருத்துவமனை அங்கிருந்து சுமார் 20 கிலோமீட்டர். பூந்தமல்லி அரசு மருத்துவமனை பக்கம்தான் என்றாலும், மாடிப்படியில் குழந்தையைத் தூக்கி இறங்கி ஆட்டோ பிடிப்பதற்குள் அந்த நேரம் போய்விடும். ஆம்புலன்ஸ் வந்த பிறகும் சிக்கல் உண்டு. குரல்வளை அடைத்த குழந்தைக்கு வழக்கம்போல் மூக்கிலும் வாயிலும் மட்டும் ஆக்சிஜன் வைத்தால் அது நுரையீரலுக்கே போகாது. கழுத்தில் வைக்க வேண்டும். 108-ஐ அழைக்கும்போது முதல் வாக்கியமே ‘குழந்தை கழுத்துல இருக்கிற டியூப் வழியா மூச்சு விடுது’ என்று இருக்க வேண்டும். டியூப்பின் அளவு, கேத்தெட்டரை எவ்வளவு ஆழம் விடலாம், மூக்கு வாய் வழியாக மூச்சு போகுமா போகாதா என்ற மூன்று விவரங்களும் குழந்தையின் கட்டிலுக்கு மேலே பெரிய எழுத்தில் ஒட்டியிருக்க வேண்டும். ஒரு தாளும் மார்க்கர் பேனாவும் போதும்.

ஆகவே இந்தக் குழந்தையின் அவசர சிகிச்சைப் பிரிவு அதன் வீடுதான். டிஸ்சார்ஜ் சீட்டில் கையெழுத்துப் போடும் மருத்துவர் இதை மனத்தில் வைத்தே போட வேண்டும். அமெரிக்க மார்பு மருத்துவச் சங்கம் வீட்டில் வென்டிலேட்டரோடு வாழும் குழந்தைகளுக்காக 2016-இல் வெளியிட்ட நெறிமுறை, குடும்பத்தில் குறைந்தது இரண்டு பேருக்குப் பயிற்சி கொடுத்த பிறகே வீட்டுக்கு அனுப்பச் சொல்கிறது. தமிழக அரசு மருத்துவமனைகளுக்கும் தனியார் மருத்துவமனைகளுக்கும் இதை ஒரு கட்டாய விதியாகவே கொண்டுவரலாம். இரண்டு பேர் டியூப் மாற்றிக் காட்டினால்தான் டிஸ்சார்ஜ். கையில் ஒரு பையும் கொடுத்தனுப்ப வேண்டும்: அதே அளவில் ஒரு டியூப், அரை அளவு சிறியதாக ஒன்று, கழுத்து நாடா, கத்தரிக்கோல், கேத்தெட்டர்கள், கையால் அழுத்தி மூச்சுக் கொடுக்கும் ஆம்பு பேக், மின்சாரம் இல்லாமல் காலால் மிதித்து இயக்கும் சக்‌ஷன். குழந்தை குளியலறைக்குப் போனாலும் அந்தப் பை கூடவே போக வேண்டும். பயிற்சி புரியும் மொழியில் இருப்பதும் முக்கியம். அம்பத்தூர் தொழிற்பேட்டையை நம்பி வந்த குடும்பங்களில் இந்தியும் ஒடியாவும் பேசுவோர் இருக்கிறார்கள்.

மழைக்காலத்துக்குத் தனித் தயாரிப்பு வேண்டும். 2015 டிசம்பர் வெள்ளத்தில் மணப்பாக்கத்தில் ஒரு பெரிய தனியார் மருத்துவமனைக்குள்ளேயே தண்ணீர் புகுந்து மின்சாரம் நின்றது. அந்த நாட்களில் செயற்கை சுவாசத்தில் இருந்த நோயாளிகள் பலர் அங்கே உயிரிழந்ததை சென்னை மறந்திருக்காது. 2023 டிசம்பர் 4 அன்று மிக்ஜாம் புயல் மழையில், பாதுகாப்புக்காகவே பல பகுதிகளில் மின்சாரம் நிறுத்தப்பட்டது. சில தெருக்களுக்கு அது திரும்பி வர நாட்கள் ஆயின. மின்சாரத்தை நிறுத்தியது சரியான முடிவு. ஆனால் நிறுத்தும் தெருவில் எந்த வீட்டில் சக்‌ஷன் மிஷின் ஓடுகிறது என்று மின்வாரிய அலுவலகத்துக்குத் தெரிந்திருக்க வேண்டாமா? பிரிட்டனில் மின்சாரத்தில் ஓடும் மருத்துவக் கருவியை நம்பியிருப்போருக்கு முன்னுரிமைப் பதிவேடு உண்டு. மின்தடைக்கு முன்பே அவர்களுக்குத் தகவல் போகும். இங்கே ஒரே எண்ணில் மாநிலம் முழுவதும் மின்சாரப் புகார் வாங்கும் மின்னகம் என்ற அமைப்பு 2021 முதல் இயங்குகிறது. அதே அமைப்பில் இப்படி ஒரு பதிவையும் சேர்க்கலாம்.

சட்டமும் இதற்குத் துணை நிற்கிறது. மாற்றுத்திறனாளிகள் உரிமைச் சட்டம் 2016-இன் 8-ஆவது பிரிவு, மாவட்டப் பேரிடர் மேலாண்மை ஆணையம் மாவட்டத்தில் உள்ள மாற்றுத்திறனாளிகளின் விவரங்களைப் பதிவேட்டில் வைத்து, ஆபத்து வரும்போது அவர்களுக்குத் தெரிவிக்க வேண்டும் என்கிறது. இடைவெளி வேறொரு இடத்தில் இருக்கிறது. அந்தச் சட்டம் பட்டியலிடும் 21 வகைகளில் ட்ரக்கியாஸ்டமி இல்லை. பெருமூளை வாதமோ தசைச் சிதைவோ உள்ள குழந்தை பட்டியலில் வந்துவிடும். குரல்வளை மட்டும் சுருங்கிய குழந்தை வராது. இருவரில் யாருடைய டியூப் அடைத்தாலும் ஆபத்து ஒன்றுதான். பூந்தமல்லியை உள்ளடக்கிய திருவள்ளூர் மாவட்ட நிர்வாகம் சட்டத் திருத்தத்துக்காகக் காத்திருக்கத் தேவையில்லை. மருத்துவமனைகளிடம் டிஸ்சார்ஜ் விவரம் கேட்டு வாங்கி, பேரிடர்ப் பட்டியலில் இந்தக் குழந்தைகளையும் சேர்த்துக்கொள்ளலாம்.

அன்றாட ஆபத்துகளையும் சொல்லியாக வேண்டும். மூக்கு செய்யும் வேலை, அதாவது காற்றைச் சூடாக்கி, ஈரமாக்கி, வடிகட்டுவது, இந்தக் குழந்தைகளுக்கு நடப்பதில்லை. ஆவடி சாலைப் புழுதி, போகிப் புகை, கொசுவத்தி, தலைக்குக் குளிப்பாட்டியபின் பாட்டி அன்போடு போடும் சாம்பிராணி எல்லாமே நேராக நுரையீரலுக்குள் போகும். சளி உலராமல் காக்க ‘செயற்கை மூக்கு’ என்ற சின்ன வடிகட்டி உண்டு. அதையும் அரசு இலவசமாகத் தர வேண்டும்.

இதற்கெல்லாம் புதிய துறை தொடங்க வேண்டியதில்லை. 2021 ஆகஸ்ட் முதல் நடக்கும் மக்களைத் தேடி மருத்துவம் திட்டத்தில் செவிலியரும் இயன்முறை மருத்துவரும் ஏற்கெனவே வீடு தேடிப் போகிறார்கள். சுகாதாரப் பணியாளர்களைப் பல பத்தாண்டுகளாகப் பயிற்றுவிக்கும் பொது சுகாதார நிறுவனம் பூந்தமல்லியிலேயே இருக்கிறது. வடகிழக்குப் பருவமழை தொடங்கும் முன் ஒவ்வொரு செப்டம்பரிலும் அங்கே ஒரு நாள் ஒதுக்கலாம். மேற்குப் புறநகர்களின் 108 பணியாளர்கள், வீடு தேடிப் போகும் செவிலியர், இந்தக் குழந்தைகளின் பெற்றோர் எல்லோரும் ஒரே பொம்மையில் டியூப் மாற்றிப் பழகலாம். தாயோடு வர வேண்டிய அந்த இரண்டாவது ஆள் யார் என்பதைக் குடும்பம் முடிவு செய்யட்டும். ஷிஃப்ட் முடிந்து வரும் அப்பாவாக இருந்தால், அந்த ஒரு நாளுக்குச் சம்பளத்தோடு விடுப்புக் கொடுக்கத் தொழிற்சாலைகளிடம் தொழிலாளர் துறை பேச வேண்டும்.