பிளாஸ்டிக் உறை: சான்றிதழ் மட்டும் போதாது

தண்ணீர் பாட்டிலைக் காயலான் கடைக்காரர் காசு கொடுத்து வாங்குகிறார். சிப்ஸ் பாக்கெட்டைச் சும்மா கொடுத்தாலும் தொட மாட்டார்.

மத்திய சுற்றுச்சூழல் அமைச்சகம் 2022 பிப்ரவரியில் திருத்திய விதிகள், 2025-26 முதல் கெட்டியான பிளாஸ்டிக் கொள்கலன்களில் 30 சதவீதமும், மெல்லிய உறைகளில் 10 சதவீதமும், பல அடுக்கு உறைகளில் 5 சதவீதமும் மறுசுழற்சிப் பொருள் சேர்க்கச் சொல்கின்றன. 2028-29இல் இவை 60, 20, 10 ஆக வேண்டும்.

உறைக்கு இலக்கு குறைவாக இருப்பதற்குக் காரணம் உண்டு. சிப்ஸ் பாக்கெட்டில் பிளாஸ்டிக் படலங்களும் அலுமினியப் பூச்சும் அச்சு மையும் பசையும் ஒன்றாக ஒட்டிக் கிடக்கின்றன. அதை அப்படியே உருக்கினால் நிறமும் வலுவும் கெட்ட துகள்தான் மிஞ்சும். மெல்லிய படலமாக ஊதும்போது அதிலுள்ள சிறு தூசியும் ஓட்டை போட்டுவிடும். அதனால் பழைய உறை குப்பைப் பையாகலாம். மீண்டும் உணவு உறையாவது அரிது. பால் கவரோ முழுக்கப் பாலிஎத்திலீன். கழுவிக் கொடுத்தால் விலை போகும்.

எல்லா உறைகளும் இப்படி ஒரே பொருளால் ஆக வேண்டும். ஷாம்புவைச் சிறு பாக்கெட்டில் அடைத்து விற்கும் வணிகம் கடலூரில் வேர்விட்டது என்பதால், தமிழ்நாட்டு நிறுவனங்களுக்கு இதில் கூடுதல் பொறுப்பு இருக்கிறது.

இலக்கை எட்டியதாகக் காட்டும் மறுசுழற்சிச் சான்றிதழ்களையும் அப்படியே நம்ப முடியாது. 2023இல் மத்திய மாசுக் கட்டுப்பாட்டு வாரியம் சில மறுசுழற்சி ஆலைகளைச் சோதித்தபோது லட்சக்கணக்கான போலிச் சான்றிதழ்கள் சிக்கின. வெட்கக்கேடு இது. இலக்கு எட்டப்பட்டதா என்பதை இனியாவது கணினித் திரையில் அல்லாமல் ஆலைக்குள் சென்று வாரியம் சரிபார்க்க வேண்டும்.