வயல் மேல் சர்பாசி பாயாது! நோட்டீசைப் பரணில் போடாதீர்!



பேங்கிலிருந்து ரிஜிஸ்டர் தபால் வந்தால் நம்மவர்கள் என்ன செய்கிறோம்? ஒன்று, வாங்காமல் திருப்பி அனுப்புகிறோம். இல்லாவிட்டால் வாங்கிப் பரணில் செருகிவிட்டு, ஊருக்குத் தெரிந்தால் மானம் போச்சே என்று வாயை மூடிக்கொள்கிறோம். திருப்பி அனுப்பினாலும் சேர்ந்ததாகத்தான் கோர்ட்டில் கணக்கு. நிலம் போவது கடனால் பாதி என்றால், இப்படிச் சும்மா கழிகிற நாட்களால் மீதி.

2002-ல் வந்த சர்பாசி சட்டம், கோர்ட்டுக்கே போகாமல் அடமானச் சொத்தை எடுத்து ஏலம் விட பேங்குக்கு அதிகாரம் கொடுத்தது. ஆனால் அதே சட்டத்தின் 31-வது பிரிவு, விவசாய நிலத்தின் மேல் வாங்கிய அடமானத்துக்கு இது பொருந்தாது என்கிறது. இதை நோட்டீசில் யாரும் எழுதி அனுப்பமாட்டார்கள். நாம்தான் சொல்ல வேண்டும்.

சொன்னால் மட்டும் போதுமா? போதாது. பதிவேட்டில் விவசாய நிலம் என்று இருந்தால் மட்டும் ஆகாது, நிலம் எதற்குப் பயன்படுகிறது என்று மொத்த நிலைமையையும் பார்க்க வேண்டும் என்று தமிழ்நாட்டிலிருந்து போன இந்தியன் வங்கி வழக்கில் 2018-ல் உச்ச நீதிமன்றம் சொன்னது. அதை நிரூபிக்கும் பொறுப்பு கடன் வாங்கியவருடையது என்று 2023-ல் இன்னொரு வழக்கில் சொல்லிவிட்டது.

நம்ம ஸ்ரீரங்கம் வட்டாரத்துக்கு இது பெரிய ஆபத்து. காவிரிக்கும் கொள்ளிடத்துக்கும் நடுவே வாழைக்கொல்லையை ஒட்டியே அடுக்குமாடி எழும்புகிறது. பக்கத்து வயல் பிளாட்டாகிவிட்டால், தண்ணீர் வராமல் ஒரு போகம் தரிசு போட்ட உங்கள் வயலையும் மனை என்று எழுத எவ்வளவு நேரம் ஆகும்? ஆகவே, அடமானம் வைத்த வருஷம் தொட்டு பசலிக்குப் பசலி அடங்கல் நகல் கையில் இருக்கட்டும். உர ரசீது, நெல் போட்ட ரசீது, பயிர்க் காப்பீட்டு ரசீது எதையும் தூக்கி எறியாதீர்கள்.

இனி நாள் கணக்கு. முதல் நோட்டீசுக்கு 60 நாள் கெடு. அதற்குள் ஆட்சேபணையை எழுத்தில் கொடுத்தால், 15 நாளில் பேங்க் பதில் தந்தாக வேண்டும். மீறிக் கைப்பற்றினால் 45 நாளுக்குள் கடன் மீட்புத் தீர்ப்பாயத்தில் மனுப் போடலாம். திருச்சிக்காரர்களுக்கு அது மதுரையில் இருக்கிறது. முன்பு முக்கால் பங்கு பணத்தைக் கட்டிவிட்டுத்தான் அங்கே வழக்காட முடியும். அந்த அநியாய நிபந்தனையை 2004 ஏப்ரல் 8-ல் உச்ச நீதிமன்றம் ரத்து செய்தது. முன்சீப் கோர்ட்டுக்கு ஓடினால் வேலைக்காகாது, சட்டமே தடுக்கிறது. ஹைகோர்ட்டும் பெரும்பாலும் தீர்ப்பாயத்துக்குத்தான் போகச் சொல்லும்.

வயலோடு சேர்த்து வீட்டையும் எழுதிக் கொடுத்தவர்கள் கவனிக்க: வீட்டுக்கு இந்த விலக்கு கிடையாது. ஏல அறிவிப்பு வெளியாகும் முன்பே முழுப் பாக்கியையும் கட்டினால்தான் மீட்கும் உரிமை.

வயல் தப்பினால் கடனும் தீர்ந்தது என்று யாராவது சொன்னால் நம்பாதீர்கள். பேங்க் முறைப்படி வழக்குப் போட்டு வசூலிக்கலாம். தள்ளுபடி வரும் என்று உட்கார்ந்திருப்பதும் ஆகாது. அய்யாக்கண்ணு தலைமையிலான சங்கத்தின் வழக்கில், கூட்டுறவுக் கடன் தள்ளுபடியை எல்லா விவசாயிகளுக்கும் கொடு என்று 2017 ஏப்ரலில் மதுரைக் கிளை தீர்ப்பளித்தது. ஊரெல்லாம் சந்தோஷப்பட்டோம். 2021 நவம்பரில் உச்ச நீதிமன்றம் அதை ரத்து செய்துவிட்டது. அரசு அறிவித்தபடி சிறு, குறு விவசாயிகளோடு நின்றுபோனது.

சொத்தைக் கைப்பற்ற பேங்க் கலெக்டரிடமும் உத்தரவு கேட்கலாம். குறைதீர்க்கும் நாளில் நம் மனுவை வாங்குகிற அதே கலெக்டர்தான்! அதனால் கேட்கிறோம்: கையெழுத்துப் போடுமுன் தாசில்தாரை அனுப்பி வயலைப் பார்க்கச் சொல்லுங்கள். ஒவ்வொரு போகமும் கிராம நிர்வாக அலுவலர் நேரில் வந்து அடங்கல் எழுதட்டும். தீர்ப்பாயம் மாதம் ஒரு முறையாவது திருச்சியில் உட்காரட்டும். ஒரு வாய்தாவுக்கு மதுரை போய்வர ஒரு நாள் கூலியும் பஸ் சார்ஜும் போகிறது.

அடுத்த குறைதீர்க்கும் நாளில் இந்த மூன்றையும் கேட்டுக் கலெக்டர் அலுவலகம் முன் திரளுவோம். நோட்டீஸ் வந்தவர்கள் கவரோடு, அடங்கலோடு வாருங்கள். தபால் முத்திரைத் தேதி முக்கியம், கவரைக் கிழித்துப் போடாதீர்கள்.