குச்சிக்கிழங்குக் கட்சி

தின்பதற்காகவே நடப்பவர்களை எனக்குப் பிடிக்கும். நடப்பதற்காகத் தின்பவர்களை, அதாவது காலையில் பூங்காவைச் சுற்றிவிட்டு அருகம்புல் சாறு குடிப்பவர்களைப் பற்றி ஏற்கெனவே இந்தப் பத்தியில் எழுதி வாங்கிக் கட்டிக்கொண்டாயிற்று. இந்த வாரம் முதல் வகை.

என் தங்கை மகள் வேலை விஷயமாக ஸ்பெயின் போயிருக்கிறாள். செவில்யா என்ற ஊர். அங்கே பட்டப்பகலில், மதியச் சாப்பாட்டு நேரத்தில், ஒரு வழிகாட்டி எட்டுப் பத்துப் பேரைக் கூட்டிக்கொண்டு தெருத்தெருவாகப் போகிறார். ஒரு கடையில் நின்றபடி ஒரு சின்னத் தட்டு, ஒரு வாய் பானம், கொஞ்சம் ஊர்க்கதை. முடிந்ததும் அடுத்த கடை. அந்தச் சின்னத் தட்டுகளுக்குத்தான் தபாஸ் என்று பெயர். “மாமா, நம்ம டீக்கடையில நின்னுக்கிட்டு வடை சாப்பிடற மாதிரியேதான். இங்க அதுக்குக் காசு வாங்கிக்கிட்டுக் கதையும் சொல்றாங்க” என்று எழுதியிருந்தாள். கூடவே தட்டுத் தட்டாகப் படங்கள்.

முதல் இரண்டு படங்கள் வரை எனக்கு மகிழ்ச்சிதான். எல் ரின்கோன்சில்யோ என்று ஒரு கடை. 1670இல் தொடங்கியது. இன்றும் வாடிக்கையாளர் தின்ற கணக்கைக் கல்லா மேடையின் மரப்பலகையிலேயே சாக்பீஸால் எழுதுகிறார்கள். காசு கொடுத்ததும் ஈரத்துணியால் ஒரு துடைப்பு. பில் மிஷின் கெட்டுவிட்டது என்று கைபிசைகிற நம் ஊர்க் கல்லாக்காரர்களுக்கு இதை அனுப்பிவைக்க வேண்டும். அடுத்த படம் பசலைக்கீரையும் கொண்டைக்கடலையும் சீரகம் போட்டு வேகவைத்தது. ஆண்டலூசியாவில் அரபியர் ஆண்ட காலத்து ருசி அது என்கிறார்கள். பார்த்தால் நம் வீட்டுக் கூட்டு.

மூன்றாவது படத்தில்தான் எனக்கு வயிறு எரிந்தது. அவித்து ஆறவைத்த உருளைக்கிழங்கு, மேலே ஆலிவ் எண்ணெய், வினிகர், பொடியாக நறுக்கிய வெங்காயம். அவ்வளவுதான். வெறும் அவித்த கிழங்கு! அதைச் சுற்றி நின்று ஒரு கூட்டம் கண்மூடி ரசிக்கிறது.

பழைய வாசகர்களுக்கு இனி நான் எங்கே போகப் போகிறேன் என்று தெரிந்திருக்கும். தெரிந்தவர்கள் பக்கத்தைப் புரட்டிவிடலாம், வருத்தமில்லை. நான் கிழங்குக் கட்சி. குறிப்பாகச் சொன்னால் குச்சிக்கிழங்குக் கட்சி. புத்தகத் தமிழில் மரவள்ளி.

முதலில் செவில்யாவின் உருளைக்கிழங்குக்கு உரிய மரியாதையைச் செய்துவிடுவோம். 1503இல் ஸ்பெயின் அரசு அமெரிக்க வாணிபம் முழுவதையும் செவில்யாவின் கையில் கொடுத்தது. அந்த வாணிபத்தைக் கவனித்த அலுவலகம் 1717இல் காதிஸுக்கு மாறியது; அதற்கு முன் நெடுங்காலம், அமெரிக்காவிலிருந்து சட்டப்படி வந்த சரக்கில் பெரும்பகுதி குவாதல்கிவிர் ஆற்றின் வழியாக இந்த ஊருக்குத்தான் வந்தது. வெள்ளி வந்தது, அதோடு தக்காளியும் மிளகாயும் உருளைக்கிழங்கும் வந்தன. அந்த ஊரின் ஒரு தர்ம மருத்துவமனை 1573இல் நோயாளிகளுக்காக உருளைக்கிழங்கு வாங்கியது கணக்கில் பதிவாகியிருக்கிறது. ஏழை நோயாளிக்குப் போட்ட கிழங்கு அது. அந்த மருத்துவமனைக் கட்டடத்தில் இன்று ஆண்டலூசிய சட்டமன்றம் கூடுகிறது. கிழங்கோ அதைவிட உயரத்துக்குப் போய்விட்டது. அதைத் தின்று பார்க்க ஊர் ஊராக ஆள் வருகிறார்கள்.

இப்போது நம் ஊருக்கு வருவோம். கள்ளக்குறிச்சியில் இப்படியொரு தின்னும் நடையை நடத்து என்று என்னிடம் ஒருவர் கேட்டால், பஸ் ஸ்டாண்டிலிருந்து கிளம்பி அவரை எங்கே கூட்டிப் போவேன்? சேலம் மெயின் ரோட்டில் பரோட்டா. கொஞ்சம் தள்ளி ஃபிரைடு ரைஸ். எதிர்ப்பக்கம் சில்லி சிக்கன். திரும்பி வரும் வழியில் பானி பூரி. எல்லாம் நன்றாகவே இருக்கும். ஆனால் இதே நடையைத் திருப்பூரிலோ திண்டிவனத்திலோ நடத்தினாலும் இதே தட்டுகள்தான். 2019 நவம்பரில் தனி மாவட்டமானோம். கலெக்டர் ஆபீஸ் வந்தது, மெடிக்கல் காலேஜ் வந்தது. நம் மாவட்டத்துக்கென்று ஒரு தட்டு மட்டும் வரவில்லை.

செவில்யா நடையில் தட்டோடு வரும் கோப்பையைப் பற்றியும் ஒரு வார்த்தை சொல்லிவிடுகிறேன். 2024 ஜூனில் கள்ளக்குறிச்சி கருணாபுரத்தில் மெத்தனால் கலந்த சாராயத்தைக் குடித்து அறுபதுக்கும் மேற்பட்டவர்கள் செத்தார்கள். பெரும்பாலும் கூலி வேலைக்குப் போனவர்கள். அன்றிலிருந்து வெளியூரில் ஊர்ப்பெயரைச் சொன்னால் எதிரே இருப்பவர் முகம் ஒரு மாதிரி ஆகிறது. கல்வராயன் மலை என்று சொன்னாலும் ஊறல் போடும் இடம்தானே என்கிறார்கள். அந்த மலையில் விளைவது என்ன என்று ஒருவரும் கேட்பதில்லை. அதனால் நான் கோப்பையை ஓரமாக வைத்துவிட்டு, கேட்காத அந்தக் கேள்விக்கே பதில் சொல்கிறேன்.

கச்சிராயபாளையம் தாண்டி, கோமுகி அணையைப் பார்த்துக்கொண்டே மலையேறினால் வெள்ளிமலை. மேலே சாமை, தினை, கேழ்வரகு, புளி, கடுக்காய், தேன் எல்லாம் உண்டு. ஆனால் சரிவுகளில் கண்ணுக்குப் பெரும்பாலும் படுவது, விரித்த கைபோல இலை வைத்த மரவள்ளி. மலைக்குக் கீழே சின்னசேலம் பக்கமும் அதுதான். மானாவாரியில் தாங்கும். விதை வாங்க வேண்டாம். போன போகத்துச் செடியின் தண்டைத் துண்டு போட்டு நட்டால் போதும். எட்டு, பத்து மாதத்தில் பிடுங்கலாம். மலைக்காரர்கள் சாமையைச் சுருக்கிக் கிழங்கைப் பெருக்கியதற்குக் காரணம் எளிது: சாமையைக் குத்திப் புடைத்துச் சோறாக்க வேண்டும், கிழங்கை லாரியில் ஏற்றினால் கையில் காசு.

அந்த லாரி எங்கே போகிறது? சின்னசேலம், ஆத்தூர், சேலம் பக்கத்துச் சேகோ ஆலைகளுக்கு. அங்கே மாவுச்சத்தை அளந்து பாயிண்ட் போடுவார்கள். பாயிண்டுக்கு இவ்வளவு என்று விலை. அளக்கும் கருவியும் ஆலையில், விலை சொல்லும் வாயும் ஆலையில் என்பது விவசாயிகளின் பழைய புகார். பிறகு தோல் சீவி, அரைத்து, பாலை வடித்துத் தொட்டியில் தெளியவிட்டு, அடியில் படிந்த மாவைக் குலுக்கி உருட்டி, வறுத்து, சிமெண்டுக் களத்தில் காயவைத்தால் ஜவ்வரிசி. மிஞ்சுவது திப்பி; அது மாட்டுத் தீவனத்துக்கு.

இந்தத் தொழில் இங்கே வந்த கதை சுவையானது. ஜவ்வரிசி ஒரு காலத்தில் மலாயா பக்கமிருந்து கப்பலில் வந்தது. இரண்டாம் உலகப்போரில் கப்பல் நின்றது. 1943 வாக்கில் சேலத்து வியாபாரிகள் மரவள்ளி மாவிலிருந்து ஜவ்வரிசி உருட்டப் பார்த்தார்கள், உருண்டது. 1981இல் சேகோசர்வ் என்ற கூட்டுறவுச் சங்கம் சேலத்தில் பிறந்தது. 2023இல் சேலம் ஜவ்வரிசிக்குப் புவிசார் குறியீடும் கிடைத்தது. மூட்டைகள் மகாராஷ்டிரத்துக்கும் குஜராத்துக்கும் மத்தியப் பிரதேசத்துக்கும் போகின்றன. அங்கே விரத நாளில் அரிசி, கோதுமை ஆகாது, ஜவ்வரிசிக் கிச்சடி ஆகும். தென் அமெரிக்காவில் பிறந்து, போர்த்துகீசியர் கப்பலில் நம் கரைக்கு வந்த ஒரு கிழங்கு, நம் கல்வராயன் சரிவில் விளைந்து, நாசிக்கில் ஏகாதசி விரதம் காக்கிறது. விளைவித்தவர் ஊரில் அதற்கு ஓட்டலுக்குள் நுழைய அனுமதி இல்லை.

செடி அமெரிக்காவிலிருந்து வந்தது என்றேன். அதன் எதிரியும் அங்கிருந்துதான் வந்தது. 2020இல் கேரளத்தில் ஒரு புது மாவுப்பூச்சியைக் கண்டார்கள். அடுத்த போகத்துக்குள் சேலம், நாமக்கல், தர்மபுரி, நம் மாவட்டம் எல்லாம் பரவிவிட்டது. குருத்து சுருண்டு முடிச்சு முடிச்சாக நின்றது. மருந்தடித்துப் பார்த்து ஓய்ந்தவர்கள் பலர். இதே பூச்சி 1970களில் ஆப்பிரிக்காவில் புகுந்து பெரும் பஞ்சத்தைக் கொண்டுவரப் பார்த்தது. அப்போது ஹான்ஸ் ஹெரன் என்ற சுவிஸ் விஞ்ஞானியின் குழு, இந்தப் பூச்சியைத் தின்னும் ஒரு குட்டிக் குளவியைத் தென் அமெரிக்காவில் கண்டுபிடித்து வந்து ஆப்பிரிக்கா எங்கும் விட்டது. அந்த வேலைக்காக அவருக்கு 1995இல் உலக உணவுப் பரிசு கிடைத்தது. அந்தக் குளவியைத்தான் பெங்களூரு விஞ்ஞானிகள் ஆப்பிரிக்காவின் பெனின் நாட்டிலிருந்து வரவழைத்து வளர்த்து, 2022 மார்ச்சில் ஏத்தாப்பூர் மரவள்ளி ஆராய்ச்சி நிலையத்தில் விட்டார்கள். எறும்பைவிடச் சின்னது. மாவுப்பூச்சியின் உடம்புக்குள் முட்டை வைக்கும். புழு உள்ளிருந்தே தின்று வெளியே வரும். வழிகாட்டி வைத்துக் கதை சொல்லும் தகுதி இதற்கு இல்லையா? உருளைக்கிழங்கைவிட ஒரு கண்டம் அதிகமாகச் சுற்றிய கதை இது. சாராய ஊர் என்று முகம் மாறுகிறவர்களை ஏத்தாப்பூர் வழியாக ஒரு முறை கூட்டி வர வேண்டும்.

ஆனாலும் ஏன் நம் கடைகளில் கிழங்கு இல்லை? ஒரு ஓட்டல்காரரிடம் கேட்டேன். பெயர் வேண்டாம், நல்ல மனிதர். “சார், அதை வீட்லயே யாரும் விருந்தாளிக்கு வைக்க மாட்டாங்க. கடையில போட்டா, அரிசிக்கு வழியில்லையான்னு கேப்பாங்க” என்றார். இதுதான் விஷயம். சமையல் கஷ்டமோ, சரக்குத் தட்டுப்பாடோ இல்லை. வெட்கம். அரிசி கிடைக்காத காலத்தில் வயிற்றை அடைத்த பண்டம் என்பதால், அரிசி கிடைத்ததும் அதைப் பின்கட்டுக்குத் தள்ளிவிட்டோம். யுத்த காலத்தில் பர்மா அரிசி நின்றபோது கேரளத்தைக் காப்பாற்றியதும் இதே கிழங்குதான். அவர்கள் கப்பையை மீன்குழம்போடு கள்ளுக்கடையிலும் வைத்தார்கள், நட்சத்திர ஓட்டலிலும் வைத்தார்கள். காப்பாற்றியதை மறைக்க வேண்டும் என்று அவர்களுக்குத் தோன்றவில்லை. செவில்யாக்காரர்களுக்கும் தோன்றவில்லை. நம் வீடுகளில் மட்டும் மழைநாளில் அவித்து, கதவைச் சாத்திக்கொண்டு தின்கிறோம். யாராவது வந்தால் பிஸ்கட் பாக்கெட்டைப் பிரிக்கிறோம்.

பயம் வேறு ஒன்று உண்டு, அது நியாயமானது. மரவள்ளியில் சயனைடாக மாறக்கூடிய பொருள் இருக்கிறது. இலையை மேய்ந்து ஆடு செத்த கதை எல்லா ஊரிலும் உண்டு. ஆலைக்குப் போகும் கசப்பு ரகங்களை அடுப்பில் ஏற்றக் கூடாது. வீட்டுக்கான ரகத்தையும் மேல்தோலோடு உள்தோலும் போகச் சீவி, துண்டு போட்டு, மூடாத பாத்திரத்தில் நிறையத் தண்ணீர் விட்டு வேகவைத்து, அந்தத் தண்ணீரைக் கொட்டிவிட வேண்டும். பாட்டிமார்கள் காரணம் தெரியாமலே சரியாகச் செய்தது இது.

ஓட்டல்காரர்கள் அவித்த கிழங்கோடு நிற்க வேண்டாம். அடைக்கு வாருங்கள். புழுங்கலரிசியை ஊறவைத்து, காய்ந்த மிளகாய், சோம்பு சேர்த்துக் கொரகொரப்பாக அரைக்க வேண்டும். இரண்டு தோலும் சீவித் துருவிய வீட்டு ரகக் கிழங்கைப் போட்டு இன்னொரு சுற்று. சின்ன வெங்காயம், கறிவேப்பிலை, பல்லுப் பல்லாக நறுக்கிய தேங்காய். கல்லில் கனமாகத் தட்டி, நடுவில் ஒரு குழி போட்டு எண்ணெய் விட்டு, இரண்டு பக்கமும் நன்றாக வேகும் வரை நிதானமாகச் சுட வேண்டும். ஓரம் மொறுமொறுவென்றும் நடு மெத்தென்றும் வரும். தொட்டுக்கொள்ள வெல்லம் ஒரு கட்சி, காரச் சட்னி இன்னொரு கட்சி. என் கட்சிக்குள் கோஷ்டிப் பூசல் இந்த ஒன்றுதான்.

தங்கை மகளின் மிச்சப் படங்களை நான் திறக்கவே இல்லை. கோபித்துக்கொள்வாள், ஊருக்கு வந்ததும் அடை சுட்டுச் சமாதானம் செய்துகொள்கிறேன்.

டீக்கடைக்காரர்களுக்கு ஒரு வேண்டுகோள். சாயங்காலம் நாலு மணிக்குப் பஜ்ஜிச் சட்டிக்குப் பக்கத்தில் ஒரு தோசைக்கல் போடுங்கள். கிழங்கடை என்று சிலேட்டில் பெரிதாக, வெட்கமில்லாமல் எழுதி வையுங்கள். முதலில் போடுகிற கடையின் பெயரும் முகவரியும் இந்தப் பத்தியில் வரும். விளம்பரக் கட்டணம் கிடையாது. ஓசி அடையும் எனக்கு வேண்டாம், காசு கொடுத்தே தின்கிறேன். சட்னி மட்டும் இரண்டாவது கரண்டி கேட்பேன்.