சதுக்கமில்லாத சிலைகள்

தமிழ் எழுத்தாளனுக்கு ஊரில் ஒரு சிலை இல்லையே என்ற ஆதங்கம் நமது இந்தச் சின்ன வட்டத்தில் வெகுநாளாக உண்டு. அரசியல் தலைவருக்கு முச்சந்திதோறும் சிலை, நடிகருக்குச் சிலை, கவிஞனுக்கும் நாவலாசிரியனுக்கும் மட்டும் ஏன் இல்லை என்று கேட்கிறார்கள். 2022-ல் கோவில்பட்டியில் கி. ராஜநாராயணனுக்கு அரசு மணிமண்டபமும் சிலையும் அமைத்த பிறகு இந்த ஆதங்கம் கோரிக்கையாகவே ஆகிவிட்டது. மனு எழுதுகிறார்கள். கையெழுத்து வாங்குகிறார்கள். அமைச்சரை யார் மூலம் பார்ப்பது என்று யோசிக்கிறார்கள். நான் இந்தக் கோரிக்கைக்கு எதிரானவன். எழுத்தாளன் அடக்கமாக இருக்கவேண்டும் என்ற உபதேசத்தில் எனக்கு நம்பிக்கை கிடையாது. கி.ரா.வின் தகுதி பற்றியும் எனக்குக் கேள்வி இல்லை. ஒரு சிலையை யார் வைக்கிறார்கள், எந்த வெளியில் வைக்கிறார்கள் என்ற இரண்டு கேள்விகளை நம்மவர்கள் கேட்பதே இல்லை. என் சண்டை அங்கேதான்.

நான் எடப்பாடிக்காரன். விசைத்தறிச் சத்தத்துக்கு நடுவே படித்து, அந்தச் சத்தத்துக்கு நடுவே எழுதுகிறவன். எங்கள் பக்கத்து ஊர்களில் மனிதர்கள் சும்மா கூடி நின்று பேசுவதற்கென்று இருந்த இடங்கள் மந்தை, சாவடி, சந்தைத் திடல், ஆலமரத்து மேடை. அந்த மேடையில் யார் உட்காரலாம், யார் உட்காரக்கூடாது என்று ஜாதி சொல்லிற்று என்பதை மறந்துவிட்டுப் பழசைக் கொண்டாட நான் வரவில்லை. ஆனால் அந்த இடங்களுக்குப் பதிலாக நமக்குக் கிடைத்திருப்பது ரவுண்டானா. அதில் வாகனம் சுற்றலாம், மனிதன் நிற்க முடியாது. நடுவே ஒரு பீடம், பீடத்தின்மேல் ஒரு தலைவர், அவரைச் சுற்றிக் கம்பி வேலி. பிறந்தநாளுக்கும் நினைவுநாளுக்கும் ஏணி வைத்து மாலை போடுகிறார்கள். மற்ற நாட்களில் அவர் காக்கைகளின் பொறுப்பு. நிற்க இடமில்லாத இந்த இடத்தில் ஒரு கவிஞனைக் கொண்டுபோய் நிறுத்தச் சொல்லித்தான் மனு எழுதுகிறார்கள்.

இந்தச் சீரழிவுக்கு முன்மாதிரி உண்டு. ரோமப் பேரரசின் கடைசி நூற்றாண்டுகளைப் பார்க்கவேண்டும். அதன் நல்ல நாட்களில், ஃபோரம் என்று அவர்கள் சொன்ன நகரச் சதுக்கத்தில் சிலை வைத்தவர்கள் பலதரப்பட்டவர்கள். நகரசபை வைத்தது. தொழிற்குழுக்கள் வைத்தன. பாம்பேயி நகரத்தில், துணி வெளுத்துப் பதம் செய்யும் தொழிலாளர்கள் சேர்ந்து யூமாக்கியா என்ற பெண்மணிக்கு வைத்த சிலை இன்றும் இருக்கிறது. சதுக்கத்தை ஒட்டிப் பெரிய கட்டிடம் ஒன்றைத் தன் பணத்தில் கட்டிக் கொடுத்தவள் அவள். தறியை நம்பிப் பிழைக்கும் ஊரில் இருப்பவனுக்கு இந்தச் செய்தி வெறும் சரித்திரத் துணுக்கு இல்லை. துணி வேலைக்காரன் தன் நகரத்தின் நடுவில் யார் நிற்கலாம் என்று சொல்ல முடிந்த காலம் ஒன்று இருந்தது என்பதற்கு அந்தக் கல் சாட்சி.

மூன்றாம் நூற்றாண்டுக்குப் பிறகு புதிய சிலைகள் வெகுவாகக் குறைகின்றன. வைக்கப்பட்டவையும் பெரும்பாலும் சக்கரவர்த்திக்கும் அவர் அனுப்பிய ஆளுநர்களுக்கும்தான். நகரசபைகள் வரி வசூலித்துக் கொடுக்கும் எடுபிடிகளாகச் சுருங்கிப்போயின. 394-ல் ஒரு சட்டம் வருகிறது: கட்டி முடித்த பொதுக் கட்டிடத்தில் சக்கரவர்த்தியின் பெயரை விட்டுத் தன் பெயரைப் பொறிக்கும் ஆளுநர் ராஜத்துரோகி. நமது பயணியர் நிழற்குடைகளில் யார் பெயர் மேலே, யார் பெயர் கொட்டை எழுத்தில் என்று நடக்கும் தகராறுக்கு வயது ஆயிரத்து அறுநூறு. 444-ல் இன்னொரு சட்டம்: சிலை யாருக்கோ அவரே அதன் செலவை ஏற்கவேண்டும், ஒருவருக்குச் செய்யும் கௌரவம் மற்றவர்களுக்கு நஷ்டமாகக் கூடாது. அதற்கு முன்பு யாரிடம் வசூலித்திருப்பார்கள் என்று தெரிந்துகொள்ளச் சரித்திரப் பேராசிரியர் தேவையில்லை. நன்கொடை ரசீதுப் புத்தகத்தோடு கடை ஏறி வருபவர்களைப் பார்த்த எந்த மளிகைக்காரரும் சொல்லிவிடுவார்.

நகரத்தின் கையிலிருந்து போய்விட்ட சிலை என்னவாகிறது? அரசின் உடம்பாகிறது. 387-ல் அந்தியோக்கியா நகரத்தில் புதிய வரி அறிவிக்கப்பட்டதும் கூட்டம் தியோடோசியஸ் சக்கரவர்த்தியின் சிலையையும் அவர் குடும்பத்தார் சிலைகளையும் கீழே தள்ளித் தெருவில் இழுத்துப் போயிற்று. பலருக்கு மரண தண்டனை. நகரத்தின் தலைமை அந்தஸ்து பறிக்கப்பட்டது. குளியல் மண்டபங்களையும் நாடக அரங்கையும் மூடினார்கள். பிஷப் நேரில் போய் மன்றாடிய பிறகுதான் மன்னிப்பு. வரியைப் பற்றிப் பேசுவதற்கு அந்த ஜனங்களுக்கு வேறு இடமில்லை, சிலை ஒன்றுதான் இருந்தது. 1987 டிசம்பரில் எம்.ஜி.ஆர். இறந்த அன்று அண்ணா சாலையில் கருணாநிதியின் சிலையைக் கடப்பாரையால் உடைத்த இளைஞனின் புகைப்படத்தை நம்மில் பலர் பார்த்திருக்கிறோம். துக்கம், வெறி, கட்சிப் பகை எல்லாம் அதில் இருந்தன. ஆனால் துக்கம்கூடச் சிலையின் வழியாகத்தான் பேசியாகவேண்டும் என்ற நிலைக்கு ஒரு நகரம் வந்திருந்தது என்பதுதான் எனக்கு முக்கியமாகப் படுகிறது.

ரோமின் சதுக்கத்தில் கடைசியாக நின்ற நினைவுச்சின்னம் 608-ல் ஃபோகாஸ் சக்கரவர்த்திக்கு எழுப்பிய தூண். தூண் பழையது, வேறெதற்கோ செதுக்கப்பட்டது. சிலையை வைத்தது ரோமாபுரி ஜனங்கள் இல்லை, சக்கரவர்த்தியின் பிரதிநிதி. கொலை செய்து பதவிக்கு வந்த அந்த ஃபோகாஸ் இரண்டு வருஷத்தில் தானும் கொல்லப்பட்டான். தூண் இன்றும் நிற்கிறது. பிற்பாடு அந்தச் சதுக்கத்தில் மாடு மேய்ந்தது, ஊர்க்காரர்கள் அதற்கு மாட்டுத் திடல் என்றே பெயர் வைத்தார்கள். அங்கே சதுக்கம் மந்தையாயிற்று. இங்கே நாம் மந்தையை அழித்து ரவுண்டானா கட்டினோம்.

கான்ஸ்டான்டிநோபிளின் கதை இன்னும் விசித்திரமானது. பழைய சிலைகள் நிறைந்த அந்த நகரத்தைப் பற்றி எட்டாம் நூற்றாண்டில் எழுதப்பட்ட குறிப்புத் தொகுப்பு ஒன்று உண்டு. சிலை பார்க்கப் போன இருவரில் ஒருவர்மேல் ஒரு சிலை சரிந்து விழுந்து அவரைக் கொன்றதாக அதில் வருகிறது. யார் சிலை, எதற்கு வைத்தார்கள் என்பது நகரத்தாருக்கே நிச்சயமில்லை. மிஞ்சியது பயம். 1204-ல் சிலுவைப் போர்க்காரர்கள் வந்து வெண்கலச் சிலைகளை உருக்கிக் காசடித்தார்கள். நகரத்தின் ஞாபகத்தில் இல்லாத சிலைக்கு இரண்டு கதிதான், பேயாவது அல்லது காசாவது.

இனி மெரினாவுக்கு வருவோம். 1968 ஜனவரியில் உலகத் தமிழ் மாநாட்டையொட்டி அங்கே சிலைகள் வரிசையாக நிறுத்தப்பட்டன. வள்ளுவர், ஔவை, இளங்கோ, கம்பர், பாரதி, பாரதிதாசன், போப், கால்டுவெல் என்று. எழுத்தாளனுக்குச் சிலை இல்லை என்று யார் சொன்னது? ஒரு வரிசையே நிற்கிறது. அவர்களில் பாரதியைப் பாருங்கள். சுதேசி நாட்களில் பாரதி கூட்டத்தில் பேசிய கடற்கரை அது. பேச்சுக்காக அந்த மணலில் ஜனங்கள் கூடினார்கள். அதே கடற்கரையில் 2017 ஜனவரியில் ஜல்லிக்கட்டுக்காக மாணவர்கள் லட்சக்கணக்கில் கூடினார்கள். அந்தக் கோரிக்கை உங்களுக்கு உவப்பாக இல்லாமல் இருக்கலாம், ஆனால் அந்த நாட்களில் தமிழ்நாட்டுக்கு ஒரு சதுக்கம் இருந்தது. கடைசி நாளில் போலீஸ் வந்தது. அதன்பின் மெரினாவில் போராட்டத்துக்கு அனுமதி இல்லை. பாரதி செய்ததைச் செய்தால் பாரதி சிலைக்குப் பக்கத்திலேயே கைது செய்வார்கள். இதைவிடப் பெரிய அவமரியாதையை ஒரு கவிஞனுக்கு வேறு யாரால் செய்ய முடியும்? அங்கே கண்ணகி சிலை 2001-ல் அகற்றப்பட்டு 2006-ல் திரும்பி வந்தது. சிவாஜி சிலை 2006-ல் வந்து 2017-ல் போயிற்று. ஆட்சியும் கோர்ட்டும் நகர்த்தி விளையாடும் காய்கள் இவை. இந்த ஆட்டத்தில் நமக்கும் ஒரு காய் கொடுங்கள் என்று கேட்பதுதானா இலக்கியத்தின் வேலை?

எட்டயபுரத்துப் பாரதி மண்டபத்தைச் சொல்லி என்னை மடக்கலாம். அது கல்கி வாசகர்களிடம் நிதி திரட்டி எழுப்பியது, 1947-ல் திறக்கப்பட்டது. கல்கியின் ரசனையோடு எனக்கு ஆயிரம் சண்டை உண்டு. ஆனாலும் அந்த மண்டபத்தின்மேல் எனக்கு மரியாதை இருக்கிறது. படித்தவர்கள் தங்கள் கைக்காசைப் போட்டுக் கட்டியது அது. பாம்பேயியின் துணி வேலைக்காரர்கள் செய்த காரியம்.

இதைவிடக் கனமான ஆட்சேபம் ஒன்று உண்டு. சேரி முனையில் நிற்கும் அம்பேத்கர் சிலையை என்ன செய்யப்போகிறாய் என்று கேட்கலாம். நீலக் கோட்டும் நீட்டிய விரலுமாக, பெரும்பாலும் சிமெண்டில், கலை என்று பார்த்தால் சாதாரணமானது. அதை உடைக்க வருகிறார்கள் என்பதால் இரும்புக் கூண்டில் அடைத்து வைத்திருக்கிறார்கள். ஆனால் எனக்குத் தெரிந்து இன்று தமிழ்நாட்டில் சதுக்கத்தைக் கோருகிற சிலை அது ஒன்றுதான். சாவடியில் உட்கார விடப்படாதவர்கள் தங்கள் கூலியில் வசூல் போட்டு, இந்த வெளி எங்களுக்கும் உரியது என்று நட்ட கல். அதனால்தான் அதற்கு எதிரிகள் இருக்கிறார்கள். 2019 ஆகஸ்டில் வேதாரண்யத்தில் அம்பேத்கர் சிலையை உடைத்தபோது அரசு ஒரே இரவில் புதுச் சிலையைக் கொண்டுவந்து நிறுத்திற்று. சிலையை மாற்றிவிட்டால் காரியம் முடிந்தது என்று அரசு நினைக்கிறது. உடைத்தவனுக்கோ கல்மேல் கோபமில்லை, அந்தக் கல் கேட்கும் இடத்தின்மேல் கோபம். பொதுச் சாலைகளில் புதுச் சிலைக்கு அனுமதி கூடாதென்று உச்சநீதிமன்றம் 2013-ல் சொல்லிற்று. தலைவர்கள் பூங்கா ஒன்று அமைத்துச் சிலைகளையெல்லாம் அங்கே மாற்றுங்கள் என்று சென்னை உயர்நீதிமன்றம் 2021-ல் சொல்லிற்று. போக்குவரத்துக்கு நல்லதுதான். ஆனால் அதிகாரம் வைத்த சிலையையும் அதிகாரத்தை நோக்கி வைத்த சிலையையும் ஒரே லாரியில் ஏற்றும் யோசனை இது.

நமக்குச் சதுக்கம் தெரியாது என்பதும் இல்லை. சிலப்பதிகாரத்துப் புகாரில் ஐந்து மன்றங்கள் வருகின்றன. அதில் ஒன்று பாவை மன்றம். அரசன் நீதி தவறினால் அங்கிருக்கும் பாவை வாயால் ஒன்றும் சொல்லாமல் கண்ணீர் விடும். இதுதான் ஒரு தமிழ்க் கவிஞன் கற்பனை செய்த சிலை. அரசனைப் புகழ அது அங்கே நிற்கவில்லை, அவனைக் காட்டிக்கொடுக்க நிற்கிறது. 1968-ல் நம்மவர்கள் அதே காப்பியத்திலிருந்து கண்ணகியைக் கடற்கரைக்கு அழைத்து வந்தார்கள், பாவையைத் தொடவில்லை. எந்த அரசும் தொடாது.

எங்கள் பக்கத்துப் பழைய வண்டிப்பாதைகளில் சுமைதாங்கிக் கல் உண்டு. இரண்டு கல்லை நட்டு மேலே ஒரு கல்லைப் படுக்க வைத்தது, தோள் உயரம். கர்ப்பத்தோடு இறந்துபோன பெண்ணின் நினைவாக வைப்பார்கள். இறக்கி வைக்க முடியாத சுமையோடு போனவள் பெயரால் வழிப்போக்கன் தன் சுமையை இறக்கி வைக்கிறான். மாலை கிடையாது, திறப்பு விழா கிடையாது. சாலை அகலப்படுத்தும்போது முதலில் பெயர்த்துப் போடுவது இதைத்தான், மனு கொடுக்க ஆளில்லாததால். கல்லே இல்லாத ஞாபகமும் எங்கள் ஊருக்குத் தெரியும். தைப்பூசத்துக்குப் பின் எடப்பாடிக் காவடிக் கூட்டம் பழனிக்கு நடந்து போய் மலைமேல் இரவு தங்குகிறது. முந்நூறு வருஷத்துக்கு மேற்பட்ட வழக்கம் என்கிறார்கள். யாரும் பீடம் கட்டி அதைக் காப்பாற்றவில்லை, ஜனங்கள் வருஷாவருஷம் நடந்து காப்பாற்றியிருக்கிறார்கள்.

நண்பர்கள் அரசிடம் ஏதாவது கேட்டே தீரவேண்டும் என்றால் இதைக் கேட்கட்டும். ஒவ்வொரு ஊரிலும் நாற்பதடிக்கு நாற்பதடி ஒரு திடல். பீடம் வேண்டாம், வேலி வேண்டாம், பெயர்ப்பலகையும் வேண்டாம். எந்த ஜாதிக்காரனும் எந்தத் தறிக்காரனும் மாலை நேரத்தில் வந்து நிற்கலாம். போலீஸ் அனுமதிக் கடிதம் இல்லாமல் ஒருவன் தன் கவிதையைப் படிக்கலாம், இன்னொருவன் அது மோசம் என்று எழுந்து சொல்லலாம். சிலை தருவார்கள், இதைத் தரமாட்டார்கள். அதனால்தான் இதைக் கேட்கவேண்டும் என்கிறேன்.