ஒரே முற்றத்தில் இரண்டு சந்நிதிகள்

டோக்கியோ நகரத்தின் பழைய பாகமாகிய அசகுசாவில், கருணையே வடிவான கன்னோன் போதிசத்துவருக்கு எடுப்பிக்கப்பட்ட சென்சோஜி என்னும் பௌத்தக் கோயிலின் எதிரே நின்று கைகூப்பிவிட்டு, வலப்பக்கமாகச் சிறிது தூரம் நடந்தால், தோரீ எனப்படும் குறுக்குச் சட்டமிட்ட வாயில் ஒன்று எதிர்ப்படும். அதைக் கடந்தால் ஷிந்தோ ஆலயம். அங்கே தெய்வங்களாக வீற்றிருப்பவர்கள் மூவர். 628ஆம் ஆண்டில் சுமிதா ஆற்றில் மீன்பிடித்த சகோதரர் இருவரின் வலையில் ஒரு கன்னோன் விக்கிரகம் அகப்பட்டதென்றும், அதன் மகிமையை உணர்ந்த ஊர்த் தலைவர் ஒருவர் தம் இல்லத்தையே அதற்குக் கோயிலாக்கினார் என்றும் தல வரலாறு கூறுகிறது; அந்தச் சகோதரர் இருவரும் ஊர்த் தலைவரும்தான் அம்மூவர். புத்தர் கோயிலை உண்டாக்கியவர்களையே பக்கத்தில் ஷிந்தோ தெய்வங்களாக வைத்து வணங்கி, ஆண்டுதோறும் மே மாதத்தில் அவர்களுடைய பல்லக்குகளைத் தோளில் சுமந்து தெருத்தெருவாக உலா வரும் ஜனங்களிடம், 'நீங்கள் பௌத்தரா, ஷிந்தோ மதத்தினரா?' என்று கேட்பது, ஒரு குழந்தையை நிறுத்தி 'நீ தாய்க்குப் பிள்ளையா, தந்தைக்குப் பிள்ளையா?' என்று கேட்பதை ஒக்கும்.

ஆயினும் கேட்கத்தான் கேட்கிறோம். ஜப்பானிய அரசின் கலாசாரத் துறை வெளியிடும் சமயக் கணக்கில், அண்மை ஆண்டுகளில், ஷிந்தோவைச் சேர்ந்தோர் எட்டுக் கோடிக்கு மேல் என்றும் பௌத்தர்கள் ஏழு கோடிக்கு மேல் என்றும் வருகிறது; நாட்டின் ஜனத்தொகையோ ஏறத்தாழப் பன்னிரண்டரைக் கோடிதான். ஷிந்தோ ஆலயங்கள் தத்தம் எல்லைக்குள் வாழும் குடும்பங்களை உஜிகோ என்று, அதாவது அத்தெய்வத்தின் மக்கள் என்று, எண்ணிக்கொள்ளுகின்றன. பௌத்தக் கோயில்கள் தலைமுறை தலைமுறையாகத் தம்மிடம் முன்னோரின் ஈமக் கடன்களை ஒப்படைத்துவரும் குடும்பங்களைத் தான்கா என்று எண்ணிக்கொள்ளுகின்றன. ஒரே வீடு இரண்டு ஏடுகளிலும் இடம்பெற்றுவிடுகிறது. அதே வீட்டாரைத் தனியே வினவினால், தமக்கு மதம் எதுவும் இல்லை என்றே பெரும்பாலோர் விடை சொல்லுவார்கள். இவ்விரண்டு செய்திகளையும் அருகருகே வைத்துப் பார்க்கும் வெளிநாட்டார், ஜப்பானியருக்குச் சமயத்தில் சிரத்தை இல்லை என்றோ கொள்கையில் தெளிவு இல்லை என்றோ எளிதில் முடிவுகட்டிவிடுகிறார்கள். இம்முடிவு அநியாயமானது என்பது என் துணிபு. மதம் என்பதற்கு இன்று அங்கே வழங்கும் ஷூக்யோ என்னும் சொல்லே, மேல்நாட்டாரின் கருத்தைப் பெயர்த்துச் சொல்ல வேண்டிய நெருக்கடியில், பத்தொன்பதாம் நூற்றாண்டின் பிற்பகுதியில்தான் அப்பொருளில் நிலைபெற்றது. ஒன்றைப் பற்றிக்கொண்டு மற்றதை விலக்குவது என்னும் வாசனை அச்சொல்லோடு ஒட்டிக்கொண்டிருக்கும்போது, அதனைத் தமக்கு உரியதென்று ஏற்க அவர்கள் தயங்குவதில் வியப்பென்ன?

பழைய முறை மாறாத ஒரு ஜப்பானிய வீட்டுக்குள் சென்று பார்த்தால், சுவரில் உயரத்தே காமிதானா என்னும் தெய்வப் பலகையும், அறையொன்றில் முன்னோரின் பெயர்ப்பலகைகளைத் தாங்கிய புத்சுதான் என்னும் பேழையும் காணப்படும். பிறந்த குழந்தையை ஒரு மாதம் நிறைந்த அளவில் ஷிந்தோ ஆலயத்துக்கு எடுத்துச் செல்லுகிறார்கள். மூன்று, ஐந்து, ஏழு ஆகிய வயதுகளில், நவம்பர் 15ஆம் தேதியை ஒட்டி, புத்தாடை உடுத்தி மீண்டும் அழைத்துச் செல்லுகிறார்கள். உயிர் பிரிந்தால் வருபவர் பௌத்தத் துறவி. சூத்திரம் ஓதி, மாண்டவருக்குப் புதியதொரு பெயரைச் சூட்டுபவரும் அவரே. ஆண்டின் கடைசி இரவில் பௌத்தக் கோயில்களில் 108 முறை மணி ஒலிக்க, அந்த ஒலி அடங்கிய சிறிது நேரத்துக்கெல்லாம் ஜனங்கள் ஷிந்தோ ஆலயத்தின் முன் திரண்டு, இருமுறை வணங்கி, இருமுறை கைதட்டி, மறுபடி ஒருமுறை வணங்கிப் புத்தாண்டைத் தொடங்குகிறார்கள். வீட்டில் ஒருவர் இறந்துவிட்டால், தீட்டுத் தீரும்வரை காமிதானாவின் முகப்பை வெள்ளைத் தாளால் மறைத்துவிடும் வழக்கமும் உண்டு. எந்தத் தெய்வத்தை எந்த வேளையில் அணுகலாம், எப்போது அணுகலாகாது என்பதை இத்தனை நுட்பமாக அறிந்து ஒழுகும் ஒரு சமூகத்தைத் தெளிவில்லாதது என்று சொல்ல எனக்கு மனம் வரவில்லை.

பௌத்தம் அந்நாட்டில் கால்வைத்த காலத்தில் இந்த இணக்கம் இருக்கவில்லை. கொரியாவின் பெக்ஜே அரசர் ஆறாம் நூற்றாண்டின் நடுவில் புத்த விக்கிரகமும் சூத்திர ஏடுகளும் அனுப்பியபோது, சோகா குலத்தார் அவற்றை வரவேற்றனர்; அந்நிய தெய்வத்தை வணங்கினால் நாட்டுத் தெய்வங்களாகிய காமிகள் சினங்கொள்வர் என்று மொனோனோபே குலத்தார் தடுத்தனர்; கொள்ளைநோய் பரவவே விக்கிரகம் கால்வாயில் எறியப்பட்டது; 587ஆம் ஆண்டில் சோகா குலம் போரில் வென்ற பின்னரே அப்பிணக்கு ஓய்ந்தது. வென்ற சமயமோ தோற்றதன் தெய்வங்களை விரட்டாமல், அவற்றின் துயரத்துக்குச் செவிசாய்த்தது. 763ஆம் ஆண்டில் தாதோ என்னும் இடத்துத் தெய்வம், முன்வினையின் பாரத்தால் காமியாகப் பிறந்து வருந்துவதாகவும் புத்தரைச் சரணடைய விழைவதாகவும் அருள்வாக்குச் சொல்லியதாம். மாங்கான் என்ற துறவி அங்கே கோயில் அமைக்க முற்பட்டார். தெய்வங்களும் விடுதலைக்கு ஏங்குபவையே என்ற இக்கருத்து பிறகு முதிர்ந்து, புத்தர்களும் போதிசத்துவர்களும் அந்நாட்டு மக்களின் பொருட்டு எடுத்த உருவங்களே காமிகள் என்னும் சித்தாந்தமாயிற்று. இசே ஆலயத்தின் சூரிய தேவியாகிய அமதெராசுவே மகாவைரோசன புத்தர் என்று உரைக்கவும் துணிந்தார்கள்.

நாரா நகரத்துத் தோதாய்ஜியில் பேரரசர் ஷோமு வெண்கலத்தில் மகா புத்தரை வார்ப்பித்தபோது, தென்மேற்கே ஊசாவில் கோயில்கொண்ட ஹச்சிமான் என்னும் காமி அப்பணிக்குத் துணைநிற்பதாக வாக்களித்து, 749ஆம் ஆண்டில் நாராவுக்கே எழுந்தருளினார். அத்தெய்வத்தின் அர்ச்சகியாக உடன் வந்து பெரிய புத்தரை வணங்கியவர் ஒரு பௌத்த பிக்குணி. 752இல் அந்த விக்கிரகத்தின் கண்ணைத் தூரிகையால் திறந்துவைத்தவரோ நம் தென்னிந்தியாவிலிருந்து 736இல் அங்கே சென்று சேர்ந்த போதிசேனர். அவர் காலத்துக்கு முன்னும் பின்னும் பௌத்தத்தின் வழியே சென்ற நம் தெய்வங்கள் அங்கே எத்தனை எத்தனை! சரஸ்வதியே பென்சாய்தென் என்ற பெயரில், கையில் வீணையை ஒத்த வாத்தியத்தோடு, பீவா ஏரியின் நடுவே சிக்குபு தீவில் குடியிருக்கிறாள். அவளைப் புத்தர் கோயிலின் தேவி என்பதா, ஷிந்தோ தெய்வம் என்பதா என்ற கேள்வி ஆயிரம் ஆண்டுகளாக எவர் உறக்கத்தையும் கெடுக்கவில்லை.

கெடுத்தது அரசாங்கம். 1868ஆம் ஆண்டில், மெய்ஜி ஆட்சி தொடங்கிய சில மாதங்களுக்குள், காமிகளையும் புத்தர்களையும் பிரிக்க வேண்டும் என்ற ஆணை பிறந்தது. ஆலயங்களில் பணிசெய்த துறவிகள் துறவைக் கைவிட வேண்டும். புத்த விக்கிரகங்களும் மணிகளும் அகற்றப்பட வேண்டும். ஹச்சிமானுக்கு ஆயிரம் ஆண்டுகளுக்கு மேலாக வழங்கிவந்த போதிசத்துவர் என்னும் பட்டம் ஒழிய வேண்டும். ஷிந்தோ அர்ச்சகர்களின் பக்கம் ஒரு நியாயமும் இல்லை என்று நான் சொல்லமாட்டேன். பல ஆலயங்களில் அவர்கள் துறவிகளின் அதிகாரத்தின்கீழ் நெடுங்காலம் கைகட்டி நின்றவர்கள். ஆனால் அந்த மனக்குறை ஆணையின் துணையோடு நெருப்பாக மாறியபோது விளைந்தவை மன்னிக்கத்தக்கவை அல்ல. ஹியேய் மலையடிவாரத்து ஹியோஷி ஆலயத்தில் ஆயுதந்தாங்கிப் புகுந்தவர்கள் விக்கிரகங்களையும் சூத்திர ஏடுகளையும் குவித்துக் கொளுத்தினார்கள். காமகுராவின் ஹச்சிமான் ஆலயத்து வளாகத்தில் நின்ற பௌத்த கோபுரம் 1870இல் இடித்துத் தள்ளப்பட்டது. நாராவின் கோஃபுகுஜி மடத்துத் துறவிகள் மொத்தமாகக் கசுகா ஆலயத்தின் அர்ச்சகர்களாக மாற, மடம் ஆளின்றிப் பாழாயிற்று. கியோத்தோவில் ஜேதவன விகாரத்தின் பெயரால் கியோன் என்று வழங்கிய ஆலயம் யசாகா என்று பெயர்மாறியது. காகோஷிமா பிரதேசத்தில் ஒரு பௌத்தக் கோயில்கூட எஞ்சவில்லை. மலைகளில் தவமிருந்து இரு நெறிகளையும் ஒன்றாகவே அனுஷ்டித்த யமபுஷிகளின் சம்பிரதாயமும் 1872இல் தடைசெய்யப்பட்டது. என் நெஞ்சை அதிகம் வருத்துவது ஒரு சிற்பம். 1201இல் கைக்கேய் என்னும் மகா சிற்பி, ஹச்சிமானை மழித்த தலையும் காவியுமாக ஒரு பிக்ஷுவின் உருவில் செதுக்கினான். ஷிந்தோ ஆலயத்தில் மூலவராக வணங்கப்பட்ட அந்த மூர்த்தி பிரிவினையின்போது வெளியேறிப் பக்கத்திலுள்ள தோதாய்ஜியில் தஞ்சம் புக நேர்ந்தது. துறவியைப் போலத் தோன்றியதற்காக ஒரு தெய்வம் தன் ஆலயத்தை இழந்தது.

கலப்பில்லாத ஆதி ஷிந்தோவைத்தான் அரசாங்கம் மீட்டது என்று அன்று சொன்னார்கள். மோதோவோரி நோரிநாகா போன்ற பேரறிஞர்கள் பதினெட்டாம் நூற்றாண்டில் பழைய நூல்களை ஆராய்ந்து ஏற்றிய விளக்கை இதற்குச் சாட்சியாகக் காட்டினார்கள். ஆனால் பௌத்தத்தினின்று தனித்து நிற்கும் மதமாக ஷிந்தோ என்பது மிகப் பிற்காலத்து அமைப்பே என்று குரோதா தோஷியோ என்னும் வரலாற்றாசிரியர் வாதிட்டார். அவருடைய வாதத்தில் சிலவற்றை மறுப்பவர்கள் உண்டெனினும், அதன் மையம் எனக்கு உண்மையாகவே படுகிறது. காமிகளின் மீது அரசுக்கு அன்பு இருந்திருந்தால், 1906க்குப் பிறகு சிற்றூர் ஆலயங்களைச் செலவுச் சிக்கனத்துக்காக ஒன்றோடொன்று இணைக்கச் சொல்லிப் பல்லாயிரக்கணக்கான ஆலயங்களை ஒழித்து, அவற்றின் காடுகளை வெட்டவிட்டிருக்குமா? அதை எதிர்த்து எழுதியும் போராடியும் 1910இல் சிறைபுகுந்த மினாகாதா குமாகுசு என்ற இயற்கை அறிஞருக்கு, ஆலயமும் மரமும் மரத்தடிப் பாசியும் ஊராரும் ஒரே உயிராகத் தெரிந்தன. அரசுக்குத் தெரிந்தது கீழ்ப்படியும் பிரஜைகளை உண்டாக்கும் ஒரு கருவி மட்டுமே. போர்க் காலத்தில் அந்தக் கருவி எங்கே கொண்டு சென்றது என்பதை உலகம் அறியும். 1945 டிசம்பரில் அரசுக்கும் ஷிந்தோவுக்கும் இருந்த பிணைப்பு அறுக்கப்பட்டது. 1947இல் நடைமுறைக்கு வந்த அரசியல் சட்டம் சமய சுதந்திரத்தை உறுதிசெய்தது.

ஆணை போய்விட்டாலும் அது எழுப்பிய சுவர்கள் நிற்கின்றன. சிக்குபு தீவில் கோயிலும் ஆலயமும் இன்றும் தனித்தனி ஸ்தாபனங்கள். குமானோவில் நாச்சி அருவியின் அருகே ஷிந்தோ ஆலயமும் செய்காந்தோஜி என்னும் பௌத்தக் கோயிலும் ஒட்டி நின்றாலும் நிர்வாகம் வேறு வேறு. வரும் யாத்திரிகர்களோ இரண்டிலும் வணங்கிவிட்டே மலையிறங்குகிறார்கள். 2008இல் கியோத்தோ, நாரா, ஒசாகா வட்டாரத்துக் கோயில்களும் ஆலயங்களும் கைகோத்து, 150 தலங்களை இணைத்து ஒரே யாத்திரை வழியை வகுத்தன.

2020ஆம் ஆண்டு செப்டம்பரில், தொற்றுநோய் உலகத்தை முடக்கியிருந்த வேளையில், 1868இல் எந்த மலையின் அடிவாரத்தில் சூத்திர ஏடுகள் எரிந்தனவோ அந்த ஹியேய் மலையிலிருந்து என்ரியகுஜி மடத்துத் துறவிகள் கியோத்தோவின் கிதானோ தென்மாங்கு ஆலயத்துக்கு வந்தார்கள். நாடுகடத்தப்பட்ட இடத்திலேயே 903இல் மாண்டு, பின்னர் இடியாகவும் நோயாகவும் சீறியதாக அஞ்சப்பட்டு, தெய்வமாக வணங்கப்படும் சுகவாரா மிச்சிசானேயின் ஆலயம் அது. அவருடைய ஆவியைச் சாந்தப்படுத்த அங்கே துறவிகளும் அர்ச்சகர்களும் சேர்ந்து நடத்திவந்த வழிபாடு, பதினைந்தாம் நூற்றாண்டின் ஒனின் போருக்குப் பின் சுமார் 550 ஆண்டுகள் நின்றுபோயிருந்தது. அன்று மீண்டும் அர்ச்சகர்கள் அருகிருக்கத் துறவிகள் சூத்திரம் ஓதினார்கள். இரு திறத்தாரும் ஒரே தெய்வத்தின் முன்னே தலைவணங்கி, நோய் நீங்க வேண்டிக்கொண்டார்கள்.