இராமலிங்க விலாசத்தில் வீட்டுக்காரர் இல்லை

பாம்பனைக் கடந்து இராமேசுவரம் போகும் சாலையில் முதலில் அக்காள்மடம், அடுத்து தங்கச்சிமடம். இந்த இரண்டு பெயர்களுக்கும் சேதுபதிகள் ஆண்ட இராமநாதபுரம் பகுதியான சேதுச் சீமையில் ஒரு கதை சொல்வார்கள். 18ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் ஆண்ட விஜயரகுநாத சேதுபதி, தன் பெண்கள் இருவரையும் மணந்திருந்த தண்டத்தேவரிடம் பாம்பன் துறையின் பொறுப்பை விட்டிருந்தார். மருமகனோ சேது யாத்திரை வருகிறவர்களிடம் கடல் கடக்கக் காசு வசூலிக்க ஆரம்பித்தார். செய்தி அரண்மனைக்கு எட்டியது. மருமகனுக்கு மரண தண்டனை விதிக்கப்பட்டது. பெண்கள் இருவரும் உடன்கட்டை ஏறினார்கள். அவர்கள் நினைவாக யாத்திரிகர்களுக்குக் கட்டிய மடங்களே பின்னால் ஊர்களாயின என்பது கதை. இதில் வரலாறு எவ்வளவு, வாய்மொழி எவ்வளவு என்று அளந்து பிரிப்பது கடினம். ஆனால் தலைமுறை தலைமுறையாக ஒரு மக்கள் கூட்டம் இதைச் சொல்லி வந்திருப்பதில் ஒரு கணக்கு இருக்கிறது. சேது காவலன் என்ற பட்டத்தைச் சூடியவன், சேதுவுக்கு வருகிறவனிடம் கைநீட்டினால் பட்டத்துக்கே அருகதை இல்லாதவனாகிறான். வரி வாங்கும் உரிமை அரசனுக்கு உண்டு. அதை எங்கே நிறுத்த வேண்டும் என்பதை ஊரும் வழக்கமும் சொல்லும். ஆங்கிலக் கம்பெனியின் ஆட்சி இந்தக் கரையில் எதை மாற்றியது என்ற கேள்விக்கு, பீரங்கியையும் தூக்குமரத்தையும் விட இந்த இடத்தில்தான் தெளிவான பதில் கிடைக்கும் என்பது என் கருத்து.

கம்பெனி என்றதும் நம் நினைவுக்கு வருவது கட்டபொம்மனும் ஜாக்சன் துரையும் நேருக்கு நேர் நின்ற காட்சி. 1959இல் வந்த திரைப்படம் அதை நம் மனத்தில் நிரந்தரமாக எழுதிவிட்டது. அந்தச் சந்திப்பு நடந்தது 1798 செப்டம்பர் 10 அன்று, இராமநாதபுரம் இராமலிங்க விலாசத்தில். சேதுபதிகளின் அரண்மனையில் கலெக்டர் ஜாக்சன் எப்படி உட்கார்ந்திருந்தார் என்று நாம் கேட்பதில்லை. வீட்டுக்காரரான முத்துராமலிங்க சேதுபதியைக் கம்பெனி 1795 பிப்ரவரியிலேயே பதவியிலிருந்து இறக்கித் திருச்சிராப்பள்ளிக் கோட்டையில் அடைத்துவிட்டது. திரை வசனத்தின் சத்தத்தில் அவர் பெயர் நமக்குக் கேட்காமல் போனது.

அவருக்கு அது முதல் சிறையும் அல்ல. 1772 ஜூனில் ஆர்க்காட்டு நவாப் முகமது அலிக்காகக் கம்பெனித் தளபதி ஜோசப் ஸ்மித் இராமநாதபுரம் கோட்டையைப் பிடித்தபோது சேதுபதி இன்னும் சிறுவன். தாய் முத்துத் திருவாயி நாச்சியாரோடு திருச்சியில் ஒன்பது ஆண்டுகள் அடைபட்டுக் கிடந்து, 1781இல் தான் சீமைக்குத் திரும்பினார். நவாப் கம்பெனிக்காரர்களிடம் பட்ட கடன் கழுத்தளவு. அதை அடைக்கப் பாளையங்களின் வருமானம் தேவைப்பட்டது. கடன் கொடுத்தவனே படையும் கொடுத்தான். 1792 உடன்படிக்கையில் நவாப் என்ற இடைத்தரகரும் விலக, பாளையக்காரர்களிடமிருந்து பேஷ்கஷ் என்ற கப்பத்தை வசூலிக்கும் அதிகாரம் கம்பெனியின் கைக்கே வந்தது. அதன் பிறகு மூண்ட பூசல்களில் பெரும்பகுதி கடைத்தெருப் பூசல்தான். சேதுச் சீமையின் கைத்தறித் துணி ஐரோப்பியக் கம்பெனிகளுக்குப் பண்டம்; பாம்பன் கால்வாய் சரக்குத் தோணிகளின் வழி. தன் சீமையில் வாங்கும் துணிக்கும் தன் துறையைக் கடக்கும் சரக்குக்கும் சுங்கம் கேட்பது சேதுபதிக்கு இயல்பான உரிமை. அதில் விலக்குக் கேட்பது கம்பெனிக்கு இயல்பான பேராசை. அவர் விட்டுக்கொடுக்க மறுத்தார். சீமையில் இருந்தவர்களுக்கும் விவகாரத்தின் வேர் புரிந்தே இருந்தது. 1799 ஏப்ரலில் மயிலப்பன் சேர்வைக்காரர் தலைமையில் முதுகுளத்தூர், அபிராமம், கமுதிப் பக்கம் கிளர்ச்சி எழுந்தபோது, கூட்டம் புகுந்தது கச்சேரியிலும் கம்பெனியின் துணிக் கிட்டங்கியிலும் நெற்களஞ்சியத்திலும்.

சேதுபதிகள் மட்டும் வரி வாங்கவில்லையா, டச்சுக்காரர்களோடு ஒப்பந்தம் போடவில்லையா என்று கேட்கலாம். வாங்கினார்கள், போட்டார்கள். முத்துக்குளிப்பிலும் சங்குக்குளிப்பிலும் பங்கு எடுத்தார்கள். ஓரியூரில் 1693இல் பாதிரியார் ஜான் டி பிரிட்டோவின் தலையை வெட்டவைத்ததும் ஒரு சேதுபதியின் ஆட்சிதான். அவ்வளவு ஏன், அக்காள்மடத்தின் கதையிலேயே இரண்டு பெண்கள் தீயில் வேகிறார்கள். அந்தக் காலத்துக்கு ஏங்கி எழுதுகிறவன் அந்தத் தீயையும் சேர்த்தே சுமக்க வேண்டும், நான் ஏங்கவில்லை. என் வாதம் வேறு. அந்த அரசன் கொடியவனாக இருந்தாலும் வசூலித்தது இங்கேயே செலவாக வேண்டியிருந்தது. சத்திரம், கண்மாய், கோயில் கட்டளை, போருக்கு ஆள் என்று எதற்காவது அது திரும்பி வந்தால்தான் அவன் பெயர் நிலைக்கும். தவறினால் கேட்க அண்டை நாடும் உறவும் குருமாரும் குடிகளும் இருந்தார்கள். கம்பெனி பதில் சொல்லவேண்டிய இடமோ லண்டனின் லெடன்ஹால் தெரு. அங்கே பங்குதாரர்களுக்குப் பாம்பன் என்பது பேரேட்டில் ஒரு வரி. வசூலிப்பவனின் முகம் எந்தப் பக்கம் திரும்பியிருக்கிறது என்பதே இரண்டு ஆட்சிகளுக்கும் உள்ள வித்தியாசம்.

இதற்கு 1803ஐ விடத் தெளிவான சான்று வேண்டாம். அந்த ஆண்டு இராமநாதபுரம் ஜமீனாக்கப்பட்டு, சேதுபதியின் தமக்கை மங்களேசுவரி நாச்சியாருக்கு வழங்கப்பட்டது. அரச குடும்பம் அரண்மனையிலேயே இருந்தது, பட்டமும் இருந்தது, தசராவும் நடந்தது. பலர் இதைப் பெருந்தன்மை என்றே எழுதியிருக்கிறார்கள். ஆனால் படையும் நீதியும் போய்விட்டன. மிஞ்சியது குறித்த நாளில் கிஸ்தி என்ற வரித் தவணையைக் கட்டும் கடமை. தவறினால் ஜப்தி, ஏலம். மழை பொய்த்தால் விட்டுக்கொடுக்கும் வழக்கமுள்ள வறட்சிச் சீமையில், மழையைக் கேட்காத கணக்கு ஒன்று உட்கார்ந்துகொண்டது. ஜமீன்தார் மேலே பார்த்துக் கட்ட, குடியானவர் கீழே இருந்து கொடுக்க, கண்மாய்க்கரையைப் பார்க்க யாருக்கும் நேரமில்லை. அந்த வீட்டின் வாரிசுச் சண்டைகூட உள்ளூரில் தீரவில்லை. விதவை ராணி செய்த சுவீகாரம் செல்லுமா என்ற வழக்கு லண்டன் பிரிவி கவுன்சில் வரை போய், 1868இல் தான் செல்லும் என்று தீர்ப்பானது. அடுத்த சேதுபதி யார் என்பதைத் தேம்ஸ் நதிக்கரையில் முடிவு செய்தார்கள்.

பாம்பன் பாலத்தைக் கட்டியது அவர்கள்தானே என்று இன்னொரு குரல் வரும். உண்மைதான், 1914இல் திறந்த அந்த ரயில்பாலம் நூறாண்டுக்கு மேல் நின்ற அற்புதமான வேலை. ஆனால் அது யாத்திரிகருக்காகப் போட்ட பாலமல்ல. சென்னையிலிருந்து தனுஷ்கோடி, அங்கிருந்து கப்பலில் தலைமன்னார், பிறகு கொழும்பு என்று போன பாதையின் ஒரு கண்ணி அது. இலங்கைத் தோட்டங்களுக்குப் போன கூலிகளை மண்டபம் முகாமில் நிறுத்திப் பரிசோதித்து அனுப்பிய அதே பாதை. அதில் இராமேசுவரத்துக்கும் வழி கிடைத்தது நமக்கு வாய்த்த லாபம். அதற்காக நன்றிக்கடன் பேசவேண்டியதில்லை.

நம் பாடப்புத்தகங்கள் வாளேந்தியவர்களுக்குக் கொடுக்கும் இடத்தில் கொஞ்சத்தைச் சுங்கச்சாவடிக்கும் துணிக் கிட்டங்கிக்கும் கிஸ்திப் பேரேட்டுக்கும் கொடுக்க வேண்டும். முத்துராமலிங்க சேதுபதி இரண்டு தவணைகளாக ஏறத்தாழ 23 ஆண்டுகள் சிறையில் இருந்தார். 1809 ஜனவரி 23 அன்று சென்னை செயின்ட் ஜார்ஜ் கோட்டையில் கைதியாகவே இறந்தார். தமிழ்நாடு சட்டமன்றம் கூடுவது அந்தக் கோட்டைக்குள்தான்.